டோரதி அம்மையாருக்கு நான் வைத்த ஃப்ளெக்ஸ்

பொதுவேலை எதையும் நல்ல ரசனை உள்ளவர்களிடம் ஒப்படைக்கக் கூடாது. ரசனை இல்லாதவர் செய்தால் அதில் குறை இருக்கும், ஊர் பொறுத்துக்கொள்ளும். ரசனை உள்ளவர் செய்தால் குறையே இருக்காது. ஆனால் ஊருக்கு அது வேறொன்றாகப் புரியும். இதை நான் நூலகத்தில் கற்கவில்லை. காரைக்குடி செக்காலை சாலையில், பட்டப்பகலில் கற்றேன்.

அப்போது நான் ஆங்கில இலக்கியத்தில் முதுகலை முதலாண்டு. வகுப்பில் என் குரலைக் கேட்டவர்கள் குறைவு. (வருகைப்பதிவின்போது சொல்லும் 'பிரசன்ட் மேடம்' உட்பட. பக்கத்தில் இருப்பவள்தான் எனக்கும் சேர்த்துச் சொல்வாள்.) அந்த ஆண்டு இங்கிலாந்திலிருந்து டோரதி என்னும் நாடக இயக்குநர் வந்து, கோட்டையூரில் ஒரு பெரிய வீட்டில் தங்கினார். அந்த வீட்டு முற்றத்திலேயே எங்கள் கல்லூரி மாணவர்களை வைத்து ஒரு நாடகம் போடுவது அவர் திட்டம். அதற்கு முன் கல்லூரிக்கு வந்து பேசுவார், அன்றே தமக்கு உதவி இயக்குநராக ஒரு மாணவரைத் தேர்ந்தெடுப்பார் என்று எங்கள் துறைத்தலைவர் அறிவித்தார்.

அந்த இடம் எனக்கு வேண்டும் என்று இருந்தது. அதுவரை எதையும் நான் அப்படி விரும்பியதில்லை. மேடையேறி நடிக்க எனக்குத் துணிவு கிடையாது. ஆனால் இருட்டில் நின்றுகொண்டு பிறரை நடிக்க வைப்பதே தொழிலாக ஒருவர் வாழ முடியும் என்ற செய்தி, என் போன்றவர்களுக்காகவே யாரோ ஏற்பாடு செய்துவைத்தது போலிருந்தது.

அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்தேன். வடக்கு இங்கிலாந்தின் துறைமுக ஊரொன்றில் பேருந்து ஓட்டுநரின் மகள். அரங்கில் அவருக்குக் கிடைத்த முதல் வேலை, வசனம் மறந்துபோகும் நடிகர்களுக்குத் திரைமறைவிலிருந்து அடியெடுத்துக் கொடுப்பது. முதன்முதலில் இயக்கிய நாடகம் படுதோல்வி. பார்வையாளர்களைவிட நடிகர்கள் அதிகம். அவர் அசரவில்லை. மூடிக்கிடந்த மீன் சந்தையில் மேடை போட்டு, அந்த வாசனைக்கு நடுவே மன்னர்களை உலவவிட்டார். மன்னர்களாகப் பெண்களை நடிக்க வைத்தார். தலைநகரின் பெரிய அரங்கம் ஒன்று அழைத்தபோது, 'எங்கள் ஊர்க்காரர்கள் அவ்வளவு தூரம் பஸ் ஏற மாட்டார்கள்' என்று மறுத்துவிட்டார். தம் நாடகங்களை அவர் உட்கார்ந்து பார்ப்பதே இல்லையாம். கடைசி வரிசைக்குப் பின்னால் நின்று, பார்வையாளர்களின் முதுகுகளைப் பார்ப்பாராம். முகம் மரியாதைக்காகச் சிரிக்கும், முதுகுக்கு அந்தப் பழக்கம் இல்லை என்பது அவர் கருத்து.

இதைப் படித்த பிறகு நானும் சில நாள் வகுப்பில் எல்லோருடைய முதுகையும் பார்த்துக்கொண்டிருந்தேன். (எதிர்காலம் குறித்து எந்த நம்பிக்கையும் தராத முதுகுகள்.)

துறைத்தலைவர் எனக்கு இரண்டு வேலைகள் கொடுத்தார். ஒன்று, அறிமுக உரை. இன்னொன்று, ஃப்ளெக்ஸ்.

எங்கள் ஊர் ஃப்ளெக்ஸ் எப்படி இருக்கும் என்பதை விளக்கத் தேவையில்லை. காதுகுத்தானாலும் கட்சி விழாவானாலும் பின்னணியில் ஒரு சிங்கம் இருக்கும், முகப்பில் 'வருக வருக' இருக்கும், ஓரமெங்கும் தபால்தலை அளவில் உறவினர்கள் இருப்பார்கள். மீன் சந்தையில் மன்னர்களை உலவவிட்டவருக்கு இதுவா வரவேற்பு? நானே வடிவமைத்தேன். முழுக்கக் கறுப்புப் பின்னணி. நடுவில் அவருடைய பழைய கறுப்பு வெள்ளைப் படம். மேடை விளக்கின் ஒளி மேலிருந்து விழ, கண்கள் எங்கோ தொலைவில். கீழே 'டோரதி'. அதற்கும் கீழே, 'மேடைக்குத் தந்த வாழ்வு'. பிறகு நேரமும் இடமும். வேறு ஒரு சொல் கிடையாது. கறுப்பு நிறத்தின் குறியீட்டுப் பொருள் குறித்துப் பருவத்தேர்வில் கட்டுரை எழுதி முழு மதிப்பெண் வாங்கியவள் நான் என்பதையும் இங்கே பதிவுசெய்ய வேண்டும்.

ஃப்ளெக்ஸ் கடை முருகேசன் அண்ணன் திரையில் அதைப் பார்த்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

"மேல ஏதாச்சும் எழுதணுமா தங்கச்சி?"

"வேணாம்ணே. பாத்தாலே புரியணும்."

"புரியுது, புரியுது." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "ஒங்களுக்கு ரொம்ப வேண்டியவுகளா?"

"இன்னும் பாத்ததில்லண்ணே. அவுகளப் பத்திப் படிச்சதுதான்."

"அடடா, கடைசிவரைக்கும் பாக்கவே முடியலையா!" நான் பணத்தை எடுத்ததும் கையை ஆட்டினார். "துணிக்கு ஆன காசு மட்டும் குடுங்க. இந்த மாதிரி காரியத்துக்கு நான் லாபம் வைக்கிறதில்ல. விடியுமுன்ன கட்டி முடிச்சுருவோம்."

கலைக்கு இந்த ஊரில் இவ்வளவு மரியாதையா என்று நெஞ்சு நிறைந்து வீடு திரும்பினேன்.

மறுநாள் காலை, அவரை அழைத்துவரக் கல்லூரிக் காரில் கோட்டையூருக்குப் போனேன். குட்டையாக வெட்டிய நரைமுடி, கசங்கிய பருத்திச் சட்டை, துணிக் காலணி. "என்னை டோரதி என்றே கூப்பிடு" என்றார் ஆங்கிலத்தில். அந்த வயதுக்காரரைப் பெயர் சொல்லிக் கூப்பிடும் பழக்கம் எங்கள் வீட்டில் இல்லாததால், அன்று முழுவதும் நான் அவரை எதுவுமே சொல்லிக் கூப்பிடவில்லை. கார் கிளம்பிச் சிறிது நேரத்தில் சித்தப்பாவிடமிருந்து அலைபேசி அழைப்பு. சித்தப்பாவின் பெயின்ட் கடை செக்காலையில் இருக்கிறது.

"ஏத்தா, அந்த வெள்ளைக்காரம்மா தவறிருச்சாமே!"

"என்ன சித்தப்பா சொல்றீக?"

"இந்தா, முக்குல போர்டு வச்சுருக்காகல்ல. பாவம், லச்சணமான மொகம். நீ எங்குட்டு இருக்க?"

"கார்ல. அவுக என் பக்கத்துலதான் இருக்காக."

மறுமுனையில் பெயின்ட் டப்பா ஒன்று கீழே விழும் சத்தம் கேட்டது.

"பக்கத்துலயா? பொம்பளப் புள்ளயத் தனியாவா அனுப்புனாக? டிரைவர் இருக்காருல்ல? அவரை ஏசியக் கூட்டி வைக்கச் சொல்லுத்தா!"

நான் பதில் சொல்வதற்குள் கார் செக்காலை முனைக்கு வந்துவிட்டது.

என் ஃப்ளெக்ஸ் அழகாகத்தான் இருந்தது. அதன்மேல் யாரோ ஒரு ரோஜா மாலையைப் போட்டிருந்தார்கள். கீழே ஒரு வாழைப்பழத்தில் ஊதுபத்தி புகைந்துகொண்டிருந்தது. டீக்கடைக் கூட்டம் அப்படியே இடம்பெயர்ந்து வந்து நின்றிருந்தது. அதில் ஒருவர் இன்னொருவரிடம், "நம்மூருத் தண்ணி ஒத்துக்கலையாம்ல" என்று விளக்கிக்கொண்டிருந்தது கார்க் கண்ணாடி வழியே தெளிவாகக் கேட்டது.

"அது நானா?" என்றார் டோரதி.

"ஆம்."

"எனக்கு ஏன் ஊதுபத்தி?"

துல்லியமாகப் பேசுவதைத் தவிர எனக்கு வேறு கலை தெரியாது. கறுப்புப் பின்னணி, கறுப்பு வெள்ளைப் படம், மேலிருந்து ஒளி, 'வருக' என்ற சொல் இல்லாமை ஆகிய நான்கும் எங்கள் ஊரில் ஒன்றுசேர்ந்தால் என்ன பொருள் என்பதை விளக்கினேன். வடிவமைத்தது நான்தான் என்பதையும் சேர்த்துச் சொன்னேன். அவர் காரை ஓரமாக நிறுத்தச் சொல்லி இறங்கினார். உதவி இயக்குநர் பதவி அந்தக் கதவு வழியாக இறங்கிப்போவதை நான் கண்ணால் பார்த்தேன்.

ஆனால் அவர் ஃப்ளெக்ஸிடம் போகவில்லை. கூட்டத்துக்குப் பின்னால் போய் நின்றார். அங்கேயே நின்று, தம் மரணத்துக்காக வருந்திக்கொண்டிருந்த முதுகுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். அவ்வளவு கூர்மையாக ஒருவர் எதையும் பார்த்து நான் கண்டதில்லை.

பூக்கார அக்காதான் முதலில் திரும்பினார். "ஆத்தீ! அந்தம்மா எந்திரிச்சு வந்துருச்சு!"

டோரதி கைகூப்பி, "வணக்கம்" என்றார். அப்போதுதான் புது மாலையோடு வந்துசேர்ந்த ஒருவர், படத்தைப் பார்த்தார், இவரைப் பார்த்தார், மறுபடியும் படத்தைப் பார்த்தார். படத்தில் போட்டால் துக்கம். கழுத்தில் போட்டால் வரவேற்பு. அவர் சங்கடத்தைத் தீர்க்க டோரதியே தலையைக் குனிந்து கழுத்தைக் காட்டினார். மாலை விழுந்தது. கூட்டம் கைதட்டியது.

கல்லூரி வாசலிலும் அதே ஃப்ளெக்ஸ் இன்னொன்று இருந்தது. அதனால் அரங்கம் நிரம்பியிருந்தது. "நீ போய்ப் பேசு, நான் பிறகு வருகிறேன்" என்று டோரதி எங்கோ மறைந்துவிட்டார். மேடையில் நான் மட்டும். பேருந்து ஓட்டுநரின் மகள், மீன் சந்தை, பெண் மன்னர்கள் என்று அவர் வாழ்க்கை முழுவதையும் படித்தேன். குரல் நடுங்கியது; அவமானத்தில் கண் கலங்கியது. முடித்ததும் கைதட்டல் இல்லை. அரங்கம் முழுவதும் எழுந்து, தலைகுனிந்து, மௌன அஞ்சலி செலுத்தியது. (அவர் உயிரோடு இருப்பது துறைத்தலைவருக்குத் தெரியும். எல்லோரும் எழுந்ததால் அவரும் எழுந்துவிட்டார்.)

அந்த அமைதியில், கடைசி வரிசைக்குப் பின்னாலிருந்து ஒரே ஒருவர் கைதட்டும் ஓசை கேட்டது. கழுத்தில் மாலையோடு டோரதி நடுவழியே நடந்துவந்தார். பின்வரிசையில் யாரோ அலறினார்கள். அவர் மேடையேறிச் சொன்னார்:

"என் நாடகங்களில் எத்தனையோ பேரைக் கொன்றிருக்கிறேன். எல்லோரும் கடைசியில் எழுந்துவந்து உங்களை வணங்கிவிட்டுத்தான் வீட்டுக்குப் போவார்கள். இன்று என் முறை."

இடுப்பு வளைய வணங்கினார். அன்று எழுந்த சிரிப்பையும் கைதட்டலையும் அந்த அரங்கம் அதற்கு முன் கேட்டிருக்காது. உரையெல்லாம் முடிந்தபின் உதவி இயக்குநர் யார் என்று துறைத்தலைவர் தயங்கித் தயங்கிக் கேட்டார். டோரதி என்னைக் காட்டினார்.

"ஒரு படத்தை வைத்து இந்தப் பெண் சாலையையே நிறுத்திவைத்தாள். அங்கே ஒரு முதுகுகூட அசையவில்லை. எனக்கு இவள் வேண்டும்." பிறகு சற்று யோசித்துச் சேர்த்துக்கொண்டார்: "விளம்பர வேலையை மட்டும் வேறு யாராவது பார்த்துக்கொள்ளட்டும்."

முற்றத்தில் நாடகம் நடந்தது. நான் கடைசி வரிசைக்குப் பின்னால், இருட்டில், அவருக்குப் பக்கத்தில் நின்று முதுகுகளைப் பார்த்தேன். தம் ஊருக்குத் திரும்பும்போது டோரதி அந்த ஃப்ளெக்ஸைச் சுருட்டி எடுத்துப்போய்த் தம் ஒத்திகைக் கூடத்தில் மாட்டிவிட்டாராம். இப்போதும் எனக்கு மின்னஞ்சல் எழுதுகிறார். ஒவ்வொன்றும் 'இன்னும் உயிருடன், டோரதி' என்றே முடிகிறது.

எங்கள் வீட்டில் அந்தப் பெருந்தன்மை கிடையாது. அண்மையில் சித்தப்பா மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானபோது, ஃப்ளெக்ஸ் வேலையை யாரிடம் கொடுப்பது என்று பேச்சு வந்தது. எல்லோரும் என்னைப் பார்க்காமல் இருக்கப் பெருமுயற்சி செய்தார்கள்.

"யாருட்ட வேணாலும் குடுங்க, இவட்ட மட்டும் வேணாம்" என்றார் சித்தப்பா. "மாப்பிள்ளை வீட்டுக்காரக மாலையோட வந்து நிப்பாக."

"கல்யாணத்துக்கு மாலையோடதான வருவாக சித்தப்பா?"

"வருவாகத்தா. எங்குட்டுப் போடுறதுன்னு தெரியாம முழிப்பாக."