உலக சினிமாவும் ஒரு போன் அட்டையும்

பல வருடங்கள் உலக சினிமாவைப் பற்றி ஓயாமல் பேசியவன் நான். அப்போது அதில் ஒரு படத்தைக்கூட நான் பார்த்திருக்கவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என் மகள் வாயால் உங்களுக்குத் தெரியவந்தால் இன்னும் கேவலமாக இருக்கும்.

இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் ருவைஸில் இருந்தேன். அபுதாபியின் மேற்குக் கோடியில், கடலுக்கும் மணலுக்கும் நடுவே ஓர் எண்ணெய் ஆலை, அதைச் சுற்றி ஓர் ஊர். ஆலையின் ஆவணப் பிரிவில் எனக்கு வேலை. இயந்திரங்களின் கையேடுகளைப் பராமரிக்க வேண்டும். ஒரு பம்ப்பைக்கூடத் தொடாமல் எல்லாப் பம்ப்புகளைப் பற்றியும் தெரிந்துவைத்திருந்தேன். (சினிமா விஷயத்தில் நான் நடந்துகொண்ட விதத்துக்கு இந்த உத்தியோகமும் ஒரு காரணம் என்று வக்கீல் வைத்து வாதாடலாம்.)

எனக்கு அங்கே கொடுத்திருந்தது பேச்சுலர் குவார்ட்டர்ஸ். வளைகுடாவில் பேச்சுலர் என்றால் மணமாகாதவன் என்று அர்த்தமில்லை, மனைவி ஊரில் இருப்பவன் என்று அர்த்தம். நான் கல்லூரிக்குப் போகும் மகளை உடைய பேச்சுலர். என் மனைவி மங்கை மானாமதுரையில் பள்ளி ஆசிரியை.

ஒவ்வொரு லீவிலும் மதுரையில் புத்தகம் வாங்கி வருவேன். நாவல் சீக்கிரம் தீர்ந்துவிடும். உலக சினிமாப் புத்தகங்கள்தான் லாபம். நம் எழுத்தாளர்கள் டெல்லிக்கும் திருவனந்தபுரத்துக்கும் திரைப்பட விழாவுக்குப் போய் வந்து எழுதுவார்கள். டைட்டிலில் தொடங்கி நாயகி மூக்கைச் சிந்துவது வரை முழுக் கதையையும் சொல்லிவிட்டு, கடைசியில் 'இந்தப் படத்தை வார்த்தைகளில் சொல்லிவிட முடியாது' என்று முடிப்பார்கள். ஒரு புத்தகத்தில் முப்பது படம் இருக்கும். அறையைவிட்டு நகராமல் முப்பது நாட்டுக்குப் போய் அழுதுவிட்டு வரலாம்.

வெள்ளிக்கிழமை மதியம் மங்கைக்குப் போன் செய்வேன். கீழக்கரை ஜலீல் பாயின் மளிகைக் கடையில் போன் அட்டை வாங்கி, அதன் எண்ணைச் சுரண்டி, பூத்தில் நின்று பேச வேண்டும். மாமியார் மருந்து, மகள் ஃபீஸ், வீட்டு வரி எல்லாம் பேசியானதும் கொஞ்ச நேரம் மிஞ்சும். என்ன பேசுவது என்று இருவருக்கும் தெரியாது. வருடக்கணக்கில் பிரிந்திருக்கும் கணவன் மனைவிக்குத்தான் அந்த மௌனத்தின் விலை தெரியும். ஒருநாள் அந்த இடத்தை நிரப்ப, வாரத்தில் படித்த ஒரு படத்தின் கதையைச் சொன்னேன். மங்கை மூச்சுவிடாமல் கேட்டாள்.

"இதெல்லாம் எங்கங்க பாக்குறீக?"

புத்தகத்தில் படித்தேன் என்று சொல்லியிருக்கலாம். ஆனால் நான் வெள்ளிக்கிழமைகளில் அறையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பதாக அவளுக்கு ஒரு கவலை இருந்தது. (கவலை நியாயமானதுதான்.) அதனால், "இங்க கிளப் இருக்கு. வாராவாரம் ஒரு படம் போடுறாங்க" என்றேன்.

அவள் குரலில் அப்படி ஒரு நிம்மதி. அந்த நிம்மதிக்காகக் கிளப்பை வளர்க்க ஆரம்பித்தேன். அதற்கு ஒரு லெபனான் டாக்டரைத் தலைவராக்கினேன். ஜலீல் பாய் செயலாளர். சினிமா என்றாலே தூங்கிவிடும் அந்த நல்ல மனிதருக்கு, தான் பதவி வகிப்பது பல வருடம் தெரியாது.

பொய் இதோடு நின்றிருந்தால் நான் இன்று இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். உலக சினிமாவில் ஒரு கோளாறு: பெரும்பாலும் நல்லபடியாக முடியாது. நான் கதை சொல்லிக்கொண்டே போவேன். கடைசிக் கட்டம் வரும்போது போனில் பதிவுசெய்த குரலில் ஓர் அட்டைக்காரி குறுக்கிட்டு, இன்னும் ஒரு நிமிடம்தான் இருக்கிறது என்பாள். அந்த ஒரு நிமிடத்துக்குள் கதாநாயகனைச் சாகடித்தால் லைன் அறுந்துவிடும். அந்தச் சாவோடு மங்கை மானாமதுரையில் ஒரு வாரம் தனியாக இருக்க வேண்டும். அதற்கு எனக்கு மனம் வரவில்லை. ஆகவே ஒரு நிமிடம் என்று அட்டைக்காரி சொன்னதும் சிறைக் கதவுகள் திறந்தன, காய்ச்சல்கள் இறங்கின, தொலைந்த பிள்ளைகள் வீட்டு வாசலில் வந்து நின்றன. ஐரோப்பா முழுவதையும் நான் அந்தப் பூத்தில் நின்றபடி குணப்படுத்தியிருக்கிறேன்.

அப்படிக் குணமானவற்றில் ஒன்று 'ரெண்டு தட்டுப் படம்'. அசல் பெயர் வேறு. எங்கள் வீட்டில் இதுதான் பெயர். கருங்கடல் ஓரத்தில் ஒரு மீனவப் பெண். கணவன் கப்பல் வேலைக்குப் போய்விட்டான். அவள் தினமும் இரண்டு தட்டு எடுத்துவைத்து, ஒன்றில் மட்டும் சாப்பிடுவாள். புத்தகத்தின்படி அவன் வருவதேயில்லை. கடைசியில் இரண்டாவது தட்டைக் கழுவி அலமாரியில் கவிழ்த்து வைக்கிறாள், அத்தோடு படம் முடிகிறது. நான் சொன்ன கதையில் கதவு தட்டப்பட்டது. இரண்டு தட்டிலும் சோறு விழுந்தது.

"வந்துட்டாரா," என்றாள் மங்கை. லைன் அறுந்தது.

அதற்கப்புறம் ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும், "ரெண்டு தட்டுக்காரரு எப்ப ஊருக்கு வர்றாரு?" என்றுதான் என்னைக் கேட்பாள். நானும் ஒவ்வொரு வருடமும், "இந்த வருஷத்தோட கலாஸ், முடிஞ்சது" என்பேன்.

ஒரு குளிர்காலத்தில் மங்கை விசிட் விசாவில் வந்தாள். குடும்பத்தோடு லீவில் போன ஒரு நண்பர் தன் ஃபிளாட்டுச் சாவியைக் கொடுத்திருந்தார். அவள் வந்தது ஊர் பார்க்க அல்ல. இந்த வருடத்தோடு நான் திரும்புகிறேனா என்று முகத்துக்கு நேரே கேட்டுத் தெரிந்துகொள்ள. நானோ அவள் வருவதற்குச் சில வாரம் முன்னால்தான் இன்னும் இரண்டு வருடத்துக்கு ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டிருந்தேன். அதை எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டே அவளுக்குக் கடற்கரையைக் காட்டினேன், கடையைக் காட்டினேன், ஆலையின் புகைபோக்கியைத் தூரத்தில் இருந்து காட்டினேன்.

"கிளப்பக் காட்டுங்க" என்றாள்.

"பெயின்ட் அடிக்கிறாங்க."

"செயலாளர் ஒண்ணும் சொல்லலையே. இப்பத்தான் பாய் கடையில வெங்காயம் வாங்குனேன்."

அதன்பின் ஓடிப்போய் ஜலீல் பாயிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் தராசை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "அண்ணே, பிரியாணியப் பத்திப் படிச்சிட்டு ஏப்பம் விடுற ஆள இப்பத்தான் பாக்குறேன்" என்றார். ஆனாலும் காட்டிக்கொடுக்கவில்லை. பெயின்ட் காய ஒரு மாதம் ஆகும் என்று மங்கையிடம் அவரே சொன்னார்.

வினை பேப்பரில் வந்தது. துபாயில் திரைப்பட விழா. மங்கை எந்தப் பேப்பரையும் கட்டுரை நோட்டுத் திருத்துவதுபோல வரிவரியாகப் படிப்பாள்.

"என்னங்க, ரெண்டு தட்டுப் படம் போடுறாக. கருங்கடல், மீன்காரி, ரெண்டு தட்டு, எல்லாம் போட்டிருக்கு. எடுத்தவரே வர்றாராம். வெள்ளிக்கிழம மத்தியானம்."

"டிக்கெட் கெடைக்காது. மூணு மாசம் முன்னாடியே முடிஞ்சிரும்."

"நீங்க பாத்த படந்தான. இன்னொருக்கா எங்கூட உக்காந்து பாருங்க. நாம சேந்து படம் பாத்து எம்புட்டு வருசமாச்சு."

எனக்கும் ஆசைதான். இருட்டில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து ஒரு படம் பார்க்க வேண்டும் என்று எத்தனையோ வெள்ளிக்கிழமை நினைத்திருக்கிறேன். ஆனால் உலகத்தில் இருக்கும் இத்தனை படங்களில் இந்தப் படமா? மறுநாள் ஜலீல் பாய் மூன்று டிக்கெட்டோடு வந்தார், துபாயில் இருக்கும் மச்சான் வாங்கினாராம். எனக்கு உதவி செய்வதாக நினைத்து மனிதர் என்னைக் கழுவில் ஏற்றினார். காரும் அவருடையதுதான்.

படம் நன்றாக இருந்தது. என் வாழ்க்கையில் நான் உண்மையாகவே பார்த்த முதல் உலக சினிமா அது. ஆனால் என்னால் திரையைப் பார்க்க முடியவில்லை, மங்கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒவ்வொரு காட்சிக்கும் அவள் என் கையைத் தட்டி, "நீங்க சொன்ன மாதிரியே இருக்கு" என்றாள். முக்கால் படம் தாண்டியதும் குனிந்து, "கிளம்பலாமா? ருவைஸ் ரொம்பத் தூரம்" என்றேன்.

"உஷ்."

"வயித்த வலிக்குது மங்கை."

"போயிட்டு வாங்க. முடிவ நாஞ் சொல்றேன்."

போகவில்லை. திரையில் அந்தப் பெண் தட்டைக் கழுவினாள். துடைத்தாள். கவிழ்த்தாள். விளக்கு வந்தது. எல்லோரும் கைதட்டினார்கள். மங்கை மட்டும் இன்னும் ஒரு ரீல் பாக்கி இருப்பதுபோலத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இயக்குநர் மேடைக்கு வந்தார். வெள்ளைத் தலை, கைத்தடி, பக்கத்தில் மொழிபெயர்க்க ஒரு இளம்பெண். யாருக்காவது கேள்வி உண்டா என்றார்கள். மங்கை தன் வகுப்புப் பிள்ளைகள் மாதிரியே கையை நேராகத் தூக்கினாள். மைக் வந்தது. ஆங்கிலத்தில், நிறுத்தி நிறுத்தி, தெளிவாகக் கேட்டாள்:

"ஐயா, என் கணவர் பார்த்த பிரதியில் அந்த மனிதர் திரும்பி வருகிறார். இருவரும் சேர்ந்து சாப்பிடுகிறார்கள். இங்கே அதை ஏன் வெட்டிவிட்டீர்கள்?"

அரங்கில் சலசலப்பு. விழாக்காரர் ஒருவர் பதறி எழுந்து, ஒரு பிரேம்கூட வெட்டவில்லை என்றார். கிழவர் காதில் அந்தப் பெண் ஏதோ சொல்ல, அவர் புருவம் நெற்றிக்கு ஏறியது. உங்கள் கணவர் எங்கே பார்த்தார் என்று கேட்டார்.

"ருவைஸ் சினிமா கிளப்பில். இதோ இவர்தான் கிளப்பின் செயலாளர்" என்று மங்கை ஜலீல் பாயைக் காட்டினாள். தூங்கிக்கொண்டிருந்த பாய் தன்மேல் வெளிச்சம் விழுந்ததும் விழித்து, படம் முடிந்துவிட்டது என்று நினைத்துக் கைதட்டினார்.

மைக் என் கைக்கு வந்தது. எழுந்தேன்.

"கிளப் கிடையாது. நான் இந்தப் படத்தை இதற்கு முன் பார்த்ததில்லை. புத்தகத்தில் படித்தேன்."

"புத்தகத்தில் அவன் திரும்பி வருகிறானா?" என்று மொழிபெயர்ப்பாளர் வழியாகக் கேட்டார் கிழவர்.

"இல்லை."

"பிறகு ஏன் அப்படிச் சொன்னீர்கள்?"

உண்மையைத் தவிர கைவசம் எதுவும் இல்லை. "போன் அட்டை தீரப்போனது" என்றேன்.

அரங்கமே சிரித்தது. பாதிப் பேர் என்னைப்போல அட்டை சுரண்டிப் பிழைத்தவர்கள், அவர்களுக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. கிழவருக்கு மட்டும் விளக்கினார்கள். அவர் சிரிக்கவில்லை. கைத்தடியை ஊன்றி முன்னால் சாய்ந்து ஏதோ கேட்டார். அந்தப் பெண் என்னைப் பார்த்துச் சொன்னாள்: "அவன் இருக்கட்டும், நீங்கள் எப்போது திரும்பிப் போகிறீர்கள் என்று கேட்கிறார்."

இத்தனை பேர் முன்னால், மைக்கில், மங்கை பக்கத்தில் இருக்க, நான் சொன்னேன்: "இந்த வருடத்தோடு."

பலத்த கைதட்டல். மங்கை தட்டவில்லை.

ஜலீல் பாய் ரேடியோவைப் போட்டுக்கொண்டு காரை ஓட்டினார். துபாய்க் கட்டடங்கள் முடிந்து அபுதாபியும் தாண்டி, இருபுறமும் மணலாக ஆன பிறகு பின் சீட்டில் இருந்து அவள் குரல் வந்தது.

"அங்க மைக்குல சொன்னீகளே, அது படத்து முடிவா, போன் முடிவா?"

ஜலீல் பாய் ரேடியோவை அணைத்தார். நான் கண்ணாடிக்கு வெளியே பார்த்தபடி, "போன் முடிவு" என்றேன்.

"எத்தன வருசத்துக்கு எழுதிக் குடுத்துருக்கீக?"

சொன்னேன். அவள் அழவில்லை, திட்டவில்லை. பெட்ரோல் பங்கில் பாய் மூன்று சாயா வாங்கி வந்து, "மதினி, நான் தூங்குனது நெசம். அதுல பொய் கிடையாது" என்றார். அதற்கு மட்டும் லேசாகச் சிரித்தாள். பிறகு என்னிடம் சொன்னாள்: "இனிமே எனக்குக் கதை வேணாம். அன்னன்னைக்கு என்ன சாப்பிட்டீக, அத மட்டும் சொல்லுங்க. அது போதும்."

அந்த இரண்டு வருடம் முடிந்து மேலும் ஒரு இரண்டு வருடம் கழித்துத்தான் ஊர் வந்தேன். அதற்கு நல்ல காரணங்கள் இருந்தன, மகள் கல்யாணம் அதில் ஒன்று. காரணங்கள் எல்லாம் இன்றும் சரியாகத்தான் இருக்கின்றன. அந்த வருடங்களைத்தான் காணவில்லை. அதுவரை ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் நான் தின்ற சோற்றையும் பருப்பையும் வர்ணித்தேன். அட்டைக்காரி ஒரு நிமிடம் என்று சொன்ன பிறகும் எதையும் மாற்றிச் சொல்லவில்லை. (ஒரு தடவை மட்டும் கருகிப்போன மீனை நன்றாக வந்ததாகச் சொன்னேன்.)

எங்கள் குடும்பத்தில் இன்றும் யாரும் நல்ல செய்தியை அப்படியே நம்புவதில்லை. டாக்டர் பயப்பட ஒன்றுமில்லை என்றதாக நான் வந்து சொன்னால், "படத்து முடிவா, போன் முடிவா?" என்பார்கள். மாப்பிள்ளைகூட, மாமா என்ற மரியாதையோடு, இதைத்தான் கேட்கிறார். பரீட்சை நன்றாக எழுதினேன் என்று பேத்தி சொன்னால் அவளுக்கும் அதே விசாரணை.

மகள் இப்போது ஷார்ஜாவில் இருக்கிறாள். இரண்டாவது பிரசவத்துக்கு உதவப் போன மங்கை, குழந்தை தலை நிற்கட்டும், தவழட்டும் என்று அங்கேயே தங்கிவிட்டாள். வெள்ளிக்கிழமை மதியம் வீடியோவில் கூப்பிடுகிறாள். இப்போது அட்டை கிடையாது, இடையில் யாரும் குறுக்கிட்டு நேரம் சொல்வதில்லை. எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் மௌனமாக இருந்துகொள்ளலாம். உலக சினிமாப் புத்தகங்கள் என் முதுகுக்குப் பின்னால் அலமாரியில் இருப்பது அவளுக்குத் தெரிகிறது. இப்போது அந்தப் படங்களில் பல போனிலேயே கிடைக்கின்றன. நான் ஒன்றையும் போட்டுப் பார்ப்பதில்லை. தனியாகப் பார்க்கப் பிடிக்கவில்லை.

போன வெள்ளிக்கிழமை, "அடுத்த மாசம் வந்துர்றேங்க" என்றாள்.

"இது படத்து முடிவா, போன் முடிவா?" என்று கேட்டேன்.

அவள் இடுப்பில் இருந்த குழந்தையை மாற்றிப் பிடித்துக்கொண்டாள். பிறகு திரைக்கு ரொம்பப் பக்கத்தில் வந்து, என் முதுகுக்கு அந்தப்பக்கம் சமையலறையை எட்டிப் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.

"எந் தட்டக் கவுத்து மட்டும் வச்சிராதீக."