லாசரஸின் வண்டிக்கு மூச்சுத் திணறல்

"வண்டிக்கு ஒண்ணும் இல்லைங்க. நல்லாத்தான் ஓடுது," என்றாள் தபீதாள்.

"நல்லா ஓடுற மாதிரி நடிக்குது," என்றார் லாசரஸ்.

கிழக்குத் தாம்பரத்தில் அவர்கள் குடியிருந்த அடுக்ககத்தின் கீழ்த்தளத்தில், கார்கள் நிற்கும் இடத்தில், பானெட்டைத் திறந்து வைத்துக்கொண்டு கணவனும் மனைவியும் பேசிக்கொண்டிருந்தார்கள். லாசரஸின் கையில் போன். அதன் திரையில் சிவப்பாக ஒரு வரி: ஏர் ஃப்ளோ சென்சாரில் கோளாறு.

லாசரஸ் காட்டாங்குளத்தூரில் ஒரு கல்லூரியின் தேர்வுப் பிரிவில் கண்காணிப்பாளர். ஒரு பையன் நேரில் வந்து நின்று, "சார், நான் பரீட்சை எழுதினேன்" என்று அழுதாலும், கம்ப்யூட்டரில் 'வரவில்லை' என்றிருந்தால் அந்தப் பையன் வரவில்லைதான். திரையில் இருப்பது வேதவாக்கு. எதிரே நிற்பவன் சந்தேகத்துக்குரியவன். அப்படிப்பட்டவர் கைக்கு ஒரு ஸ்கேனர் போய்ச் சேர்ந்ததற்கு அடுக்ககத்தின் வாட்ஸ்அப் குழுவைத்தான் குற்றம் சொல்ல வேண்டும்.

ஸ்கேனர் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. தீப்பெட்டி அளவில் ஒரு நீலநிற டப்பா. ஸ்டீயரிங்குக்குக் கீழே செருகிவிட்டால், வண்டியின் உடம்பில் என்ன கோளாறு என்பதைக் கம்பி இல்லாமலே போனுக்குச் சொல்லிவிடும். நாலு பேர் சேர்ந்து வாங்கினால் மலிவு என்று குழுவில் யாரோ போட, கார் வைத்திருந்தவர்கள் எல்லோரும் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டிவிட்டார்கள். லாசரஸ் தன் டப்பாவைச் செருகிவிட்டுப் போனில் தேடியபோது, பட்டியலில் ஒரே பெயர் இரண்டு முறை வந்தது. மலிவுச் சாமான், திக்கித் திக்கிப் பேசுகிறது என்று நினைத்துக்கொண்டு மேலே இருந்ததைத் தொட்டார். 'கீச்' என்று ஒரு சத்தம். இணைந்துவிட்டது. அடுத்த நொடியே சிவப்பு வரியும் வந்துவிட்டது.

"அந்த சென்சார் என்னங்க பண்ணும்?"

"எஞ்சினுக்குள்ள எவ்வளவு காத்து போகுதுன்னு அளந்து சொல்லும். அது தப்பா சொன்னா வண்டி இருமும், குலுங்கும், நடுரோட்டுல நின்னுடும்."

"இருமலையே. குலுங்கலையே."

"இனிமே குலுங்கும்."

"டேஷ்போர்டுல லைட்டுகூட எரியலையே."

"அந்த லைட்டும் போயிருக்கும்," என்றார் லாசரஸ், வருத்தத்துடன்.

அவருடைய வருத்தத்துக்குக் காரணம் இருந்தது. மகள் ஜெரூஷாவுக்கு அடுத்த வாரம் கல்யாணம். பெண்ணை ஆலயத்துக்குக் காரில் அழைத்துப் போவது தகப்பன் வேலை. ஆனால் ஜெரூஷா பிறந்து ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்தது ஃபிரெடியின் காரில். ஸ்கூலில் சேரப் போனது ஃபிரெடியின் காரில். கல்லூரிக்குப் பெட்டி படுக்கையோடு போனதும் ஃபிரெடியின் காரில். ஃபிரெடி தபீதாளின் தம்பி. நல்லவன்தான். ஆனால் ஒவ்வொரு தடவையும் முன்சீட்டில் ஒரு பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்து வந்த லாசரஸ், இந்த ஒரு தடவை ஸ்டீயரிங்குக்குப் பின்னால் உட்கார ஆசைப்பட்டார். அது நியாயமான ஆசை.

"அத்தான், உங்க வண்டி சரியில்லைன்னா சொல்லிடுங்க, நான் கொண்டு வந்துடறேன்," என்று ஃபிரெடி போனில் சொன்னபோது, "என் வண்டிக்கு என்ன மச்சான், குதிரை மாதிரி இருக்கு" என்று சொல்லிவிட்டு லாசரஸ் ஸ்க்ரூ டிரைவர் தேடக் கிளம்பினார்.

வீட்டில் இருந்த ஸ்க்ரூ டிரைவர் கல்யாணப் பந்தல்காரனிடம் போயிருந்தது. பக்கத்து இடத்தில் நின்ற கார் மூன்றாம் மாடி ஷ்யாம்சுந்தருடையது. வீட்டில் இரட்டைக் குழந்தைகளின் ரகளை தாங்காமல், ஆபீஸ் மீட்டிங்கை எல்லாம் அவன் தினமும் காலையில் காருக்குள் உட்கார்ந்து, ஏசியைப் போட்டுக்கொண்டுதான் பேசுவான். லாசரஸ் கண்ணாடியைத் தட்டினார். கண்ணாடி நாலு விரற்கடை இறங்கியது. ஷ்யாம் உதட்டில் விரலை வைத்து, மறுகையால் ஒரு ஸ்க்ரூ டிரைவரை நீட்டினான். கண்ணாடி ஏறிவிட்டது.

சென்சாரைச் சுத்தம் செய்தாலே போதும் என்று யூட்யூபில் ஒருவர் சொன்னார். அதற்கென்று இருக்கும் ஸ்பிரேயை மட்டும்தான் அடிக்க வேண்டும், உள்ளே இருக்கும் கம்பியைத் தொடவே கூடாது என்றும் சொன்னார். ஆனால் அதை அவர் கடைசியில் சொன்னார். லாசரஸ் பாதியிலேயே வேலையை ஆரம்பித்துவிட்டார். கொரோனா காலத்து சானிடைசரைக் காது குடையும் பஞ்சில் நனைத்துக் குடைந்ததில், மயிரிழை போன்ற ஏதோ ஒன்று பஞ்சோடு வந்தது.

"பாத்தியா, எவ்வளவு அழுக்கு," என்று தபீதாளிடம் காட்டினார்.

மாட்டிவிட்டு வண்டியைக் கிளப்பினார். வண்டி இருமியது. குலுங்கியது. வாட்ச்மேன் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றான்.

லாசரஸின் முகத்தில் இவ்வளவு திருப்தியை தபீதாள் பார்த்து வெகுநாளாகியிருந்தது. "நான் சொன்னேன்ல? போன் சொன்னது சொன்னபடி நடக்குது."

"நீங்க கைய வெச்சப்புறம்தானே நடக்குது."

"நோய் உள்ளுக்குள்ளயே இருந்தது. இப்பதான் வெளிய தெரியுது."

பம்மலில் ஒரு கடையில் புது சென்சார் வாங்கி வந்து மாட்டினார். வண்டி உடனே பழையபடி அமைதியாக ஓடியது. வேறு யாராக இருந்தாலும் அங்கேயே பானெட்டை மூடியிருப்பார்கள். லாசரஸ் போனைப் பார்த்தார். சிவப்பு வரி இருந்த இடத்திலேயே இருந்தது. அழி என்ற பட்டனை அழுத்தினார். போயிற்று. மறுநாள் காலை பார்த்தால் திரும்பவும் வந்திருந்தது.

"டூப்ளிகேட் சரக்கைத் தலையில கட்டிட்டான்," என்று முடிவு செய்து, வேறு கடையில் இன்னொன்று வாங்கினார். அதற்கும் சிவப்பு. அழித்தார். மறுநாள் காலை, சிவப்பு.

கடைசியில் மானத்தை விட்டு, வண்டியை பம்மலில் குப்பன் என்ற மெக்கானிக்கிடம் கொண்டு போனார். குப்பன் ஒரு சுற்று ஓட்டிப் பார்த்துவிட்டு வந்தான்.

"வண்டி சூப்பரா கீது சார். இன்னா பிராப்ளம்?"

"இதைப் பாருப்பா," என்று லாசரஸ் போனை நீட்டினார். திரை காலியாக இருந்தது. இணைக்க முடியவில்லை என்றது. மறுபடி முயன்றார். முடியவில்லை.

"வூட்டுல இருந்தா சிவப்பா வருதுப்பா. இங்க வந்தா வாயே தொறக்க மாட்டேங்குது," என்றார் லாசரஸ். கலக்கத்தில் அவருக்கும் குப்பனின் பாஷை ஒட்டிக்கொண்டது.

குப்பன் வண்டியைப் பார்த்தான். போனைப் பார்த்தான். பிறகு லாசரஸைச் சற்று அதிக நேரம் பார்த்தான். "பொண்ணு கல்யாணம்னு சொன்னியே சார். டென்ஷன் இருக்கும். ஒரு டீ சாப்டுறியா?"

டீயைக் குடித்துவிட்டுத் திரும்பினார். மறுநாள் காலை கீழே இறங்கிப் போனை எடுத்தார். கீச். சிவப்பு.

"வெளிய போனா நல்லா இருக்கு, வீட்டுக்கு வந்தா கெட்டுப்போவுதுன்னா, வண்டியில இல்லைங்க கோளாறு. இடத்துலதான் ஏதோ இருக்கு," என்றாள் தபீதாள். சொன்னதோடு நிற்காமல், சனிக்கிழமை தன் ஜெபக்குழுவை வரவழைத்தாள். ஆஷா அக்கா பானெட்டின் மேல் கை வைத்து, கண்ணை மூடி, சத்தமாக ஜெபித்தார். மற்றவர்கள் ஆமென் சொன்னார்கள். லாசரஸ் கண்ணை முழுக்க மூடாமல் போனைப் பார்த்தார்.

சிவப்பு இல்லை. திரையில் எதுவுமே இல்லை.

ஞாயிற்றுக்கிழமையும் இல்லை. லாசரஸ் அன்றைக்கு ஆலயத்தில் காணிக்கைப் பையில் வழக்கத்தைவிடத் தாராளமாகப் போட்டார். ஜெரூஷாவைக் கூப்பிட்டு, "புதன்கிழமை அப்பாதாம்மா ஓட்டறேன்" என்று சொன்னார். அவள் சிரித்துக்கொண்டே, "வேற யார் ஓட்டுவா டாடி" என்றாள்.

திங்கட்கிழமை காலை திரும்பவும் சிவப்பு வந்தது. ஆஷா அக்காவுக்கு போன் செய்யலாமா என்று தபீதாள் கேட்டாள். வேண்டாம் என்றார் லாசரஸ்.

செவ்வாய்க்கிழமை நடந்ததுதான் அவரை உடைத்துவிட்டது. வண்டியை இன்னும் கிளப்பவே இல்லை. சாவி சட்டைப்பையில் இருந்தது. பழக்க தோஷத்தில் போனைத் திறந்தார். எஞ்சின் ஓடிக்கொண்டிருப்பதாகவும், நிமிடத்துக்கு எண்ணூறு சுற்று சுற்றுவதாகவும் போன் சொன்னது.

லாசரஸ் பானெட்டில் காதை வைத்துக் கேட்டார். கையை வைத்தார். சில்லென்று இருந்தது. எண்ணூறு, எண்ணூற்றுப் பத்து, எண்ணூறு.

"தபீதா," என்று கூப்பிட்டார். "நம்ம வண்டி நிக்குதா, ஓடுதா?"

தபீதாள் மேலே பால்கனியிலிருந்து எட்டிப் பார்த்தாள். "நிக்குதுங்க."

"நல்லா பாரு."

"நிக்குது. நீங்க மேல வாங்க. கொஞ்சம் படுங்க."

அவர் போகவில்லை. சென்சாரும் நல்லது, வண்டியும் நல்லது, ஆனாலும் போனுக்குப் பொய்ச் செய்தி போகிறதென்றால், வழியில் வயர்தான் பொய் சொல்கிறது. வயர் பிளக்குகளை எல்லாம் ஒரு தடவை கழற்றி மாட்டினால் தீர்ந்தது. ஷ்யாமின் கண்ணாடியைத் தட்டினார். நாலு விரற்கடை திறந்தது. இந்தத் தடவை ஸ்பானர் வந்தது. சாயங்காலம் வரை கழற்றினார். பிறகு மாட்டினார். எல்லாம் மாட்டி முடித்தபோது ஒரு பிளக் மிஞ்சியிருந்தது. அது போய் உட்கார வண்டியில் இடமே இல்லை.

சாவியைத் திருப்பினார். வண்டி இருமவில்லை, குலுங்கவில்லை. எதுவுமே செய்யவில்லை. குப்பனுக்கு போன் போட்டால், அவன் குடும்பத்தோடு சிங்கப்பெருமாள் கோவிலுக்குப் போயிருந்தான்.

புதன்கிழமை காலை. விடியற்காலையில் பூக்காரன் வந்து, ஓடாத வண்டிக்கு மல்லிகைச் சரமும் வெள்ளை ரிப்பனும் கட்டிவிட்டுப் போய்விட்டான். லாசரஸ் கோட்டும் டையுமாக உட்கார்ந்து சாவியைத் திருப்பிக்கொண்டே இருந்தார். ஃபிரெடி தன் பெரிய காரைக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தினான்.

"பரவால்ல அத்தான். நான் இருக்கேன்ல. நீங்க முன்சீட்ல ஏறுங்க."

"மச்சான், ஒண்ணு கேக்கட்டுமா? உன் வண்டியை நான் ஓட்டறேனே."

ஃபிரெடி தர்மசங்கடமாகத் தலையைச் சொறிந்தான். "அது ஆட்டோமேட்டிக் அத்தான். உங்களுக்குப் பழக்கமில்லை. இன்னிக்குப் போய் எதுக்கு."

லாசரஸ் வண்டியை விட்டு இறங்கினார். அவருடைய முகத்தைப் பார்க்க தபீதாளுக்கே பொறுக்கவில்லை. இத்தனை நாள் கேலி செய்ததற்காகத் தன்னையே நொந்துகொண்டாள்.

வெள்ளைப் பட்டுப்புடவையும் தலையில் நெட் முக்காடுமாக ஜெரூஷா லிஃப்டிலிருந்து வந்தாள். அப்பாவைப் பார்த்தாள். மாமாவின் காரைப் பார்த்தாள். "டாடி ஓட்டுற வண்டியிலதான் நான் ஏறுவேன்," என்றாள். "அது எந்த வண்டியா இருந்தாலும் சரி. ஷேர் ஆட்டோவா இருந்தாலும் சரி."

கல்யாணத்துக்கு லீவு போட்டுவிட்டுப் புதுச் சட்டையோடு நின்றிருந்த ஷ்யாம், சாவியை எடுத்து நீட்டினான். "அங்கிள், என் வண்டிய எடுங்க. கியர் உங்க வண்டி மாதிரிதான். நானும் கூட வரேன்."

லாசரஸ் அவன் கையைப் பிடித்துக்கொண்டார். ஃபிரெடியே மல்லிகைச் சரத்தை அவிழ்த்து ஷ்யாமின் காரில் கட்டினான். பின்சீட்டில் ஜெரூஷாவும் தபீதாளும் ஏறினார்கள். ஷ்யாம் முன்னால், தபீதாளின் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தான். லாசரஸ் ஸ்டீயரிங்குக்குப் பின்னால் உட்கார்ந்து, கண்ணாடியில் மகளைப் பார்த்துவிட்டுச் சாவியைத் திருப்பினார்.

அவருடைய கோட்டுப் பைக்குள் போன் 'கீச்' என்றது.

லாசரஸ் தலையைத் திருப்பி, பக்கத்தில் செத்துக் கிடந்த தன் வண்டியைப் பார்த்தார். அது அசையவில்லை. அது எப்படி இப்போது பேசும் என்று யோசிக்க நேரமில்லை. ஆலயத்தில் மணி அடித்துவிடுவார்கள்.

தெருமுனை வரை எல்லாம் நன்றாகத்தான் இருந்தது. கேம்ப் ரோடில் திரும்பியதும் வண்டி ஒரு தடவை இருமியது. பிறகு குலுங்கியது. ஜெரூஷாவின் நெட் கண்மேல் சரிந்தது. தபீதாள் சீட்டைப் பிடித்துக்கொண்டாள். லாசரஸின் கைகள் ஸ்டீயரிங்கில் உறைந்தன.

"என்ன ஷ்யாம், வண்டி இப்படிக் குலுங்குது?"

"ஒண்ணும் பயப்படாதீங்க அங்கிள், ஏர் ஃப்ளோ சென்சார் போயிருக்கு, அவ்வளவுதான். மாத்தணும்னுதான் இருந்தேன், ஆனா நீங்க தினமும் காலைல பக்கத்துல வண்டி ரிப்பேர் பண்ணுவீங்கல்ல, அந்த நேரத்துல இந்த லைட்டு தானாவே அணைஞ்சிடும், சரி, தன்னால சரியாயிட்டு வருதுன்னு விட்டுட்டேன்."