செம்புருக்கிச் சித்தரின் பேரன்

"இது எங்க தாத்தாக்க கூடப்பொறந்த அண்ணன் ஆக்கும்!"

மகனுக்குப் பெண் பார்க்க வந்த ராஜையன் காப்பித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு, சுவரில் மாலையோடு தொங்கிய தாடிக்காரர் படத்தின் முன் கைகூப்பி நின்றார்.

பெண்ணின் அப்பா நாராயணபெருமாளின் வாயில் முந்திரிக்கொத்து பாதியில் நின்றது.

அந்தத் தாடிக்காரர் யாருக்கும் தாத்தா இல்லை என்பது உலகத்தில் அவர் ஒருவருக்குத்தான் தெரியும். 2004-ல், பூதப்பாண்டியில் வீட்டின் முன்னறையிலேயே கடை போட்டு மூட்டுவலி எண்ணெய் விற்க உட்கார்ந்தபோது ஒரு குப்பிகூட நகரவில்லை. நாகர்கோவிலில் ஒரு ஸ்டூடியோவில் கேட்பாரற்றுக் கிடந்த நாடக நடிகர் படத்தை வாங்கிவந்து மாட்டினார். பெயர், செம்புருக்கிச் சித்தர்; உறவு, தாத்தா. முதல் வருடம் அவர் வெறும் வைத்தியர். அடுத்த வருடம் செம்பைப் பொன்னாக்கும் ரசவாதி. கேபிள் டிவியில் விளம்பரம் வந்த வருடம், பொன் செய்தே அலுத்துப்போய், அதே கொப்பரையில் மனிதகுலத்துக்காக எண்ணெய் காய்ச்சிய தியாகி. அதன்பிறகு வியாபாரம் பிய்த்துக்கொண்டு போனது.

நாராயணபெருமாளின் சொந்தத் தாத்தா வாழைக்குலை சுமந்தே காலமானவர். பாவம், அவருக்கு ஒரு படம்கூட இல்லை.

"பெரிய தாத்தா ரசவாதம் படிக்கணும்னு குலசேகரத்துலேருந்து மலை ஏறுனவரு அண்ணே. திரும்பவே இல்ல. கடைசியில இஞ்ச வந்துல்லா குடும்பம் நடத்தியிருக்காரு!" ராஜையன் நாராயணபெருமாளைக் கட்டிக்கொண்டார். "நாம ஒரே ரத்தம்! பங்காளி!"

உள்ளறையில் ஒரு தட்டு விழுந்து உருண்டது. மகள் ஆதிரா கையிலிருந்த தட்டு.

பங்காளி என்றால் ராஜையன் மகன் அஜின் அவளுக்கு அண்ணன் முறை. எட்டு வருடமாகச் சோறு போட்ட சித்தர் இப்படிக் காலை வாருவார் என்று யார் கண்டார்கள்? பிள்ளைகள் இரண்டும் மூன்று வருடமாகத் துபாய்க்கும் பூதப்பாண்டிக்குமாகப் போனிலேயே காதலித்து, இரண்டு வீட்டையும் இப்போதுதான் சம்மதிக்க வைத்திருந்தார்கள். அஜினின் லீவு முடியப் பன்னிரண்டு நாள் பாக்கி.

"அப்பா, நான் பெண்ணு பாக்க வந்தேன். தங்கச்சி பாக்க வரல்ல!" என்றான் அஜின்.

"வைத்தியரே, ஒரு குப்பி எண்ணெ!" கடை வாசலில் ஒரு குரல். "யோவானாக்கும், கடியப்பட்டணம். முட்டு வேதனை தாங்க முடியல்ல."

"கொஞ்சம் நில்லும் ஓய், வாறேன்."

ராஜையன் அவசரமாக நாற்காலியில் உட்கார்ந்து, துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழ ஆரம்பித்தார்.

நாராயணபெருமாள் மனதுக்குள் முறைகளைக் கூட்டிக் கழித்தார். அம்மா வழி என்று சொன்னால் கல்யாணம் தப்பிக்கும்.

"ஒரு காரியம் கேளும். சித்தரு எனக்க அம்மைக்க அப்பா ஆக்கும்."

"என்ன பேச்சு பேசுதீங்க?" மனைவி தாணம்மாள் ஒரு குப்பியை எடுத்துவந்து பெருமையாக வாசித்தாள். "'சித்தரின் மகன்வழிப் பேரன் தயாரிப்பு. போலிகளைக் கண்டு ஏமாறாதீர்.' நீங்க எழுதுனதுல்லா?"

"அது... சித்தரு பிரம்மச்சாரி. கல்யாணமே கட்டல்ல."

"அப்போ எனக்க மாமனாரு எப்படிப் பொறந்தாரு? செம்புலேருந்து உருக்கி எடுத்தாரா?"

"தத்துட்டி, தத்து! தத்து எடுத்த பிள்ள!"

துண்டுக்குள்ளிருந்து ராஜையனின் குரல் வந்தது. "தத்துப் பிள்ளைக்கு சொத்தும் உண்டு, தீட்டும் உண்டு. பங்காளி பங்காளிதான் அண்ணே. கல்யாணம் நடக்காட்டா போட்டும், அதைவிடப் பெரிய பந்தம் கெடச்சிருக்கு. இனி குப்பியில ரெண்டு பேரன் படமும் வரட்டு. லாபத்துல பாதி போதும் எனக்கு."

"வைத்தியரே, எண்ணெ!"

"நில்லும் ஓய்!"

ஆதிரா வெளியே வந்தாள். மை கரைந்து கன்னம்வரை வந்திருந்தது. "செம்பைப் பொன்னாக்குனாராம். எனக்க வாழ்க்கையப் பொன்னுலேருந்து செம்பாக்கிட்டாரே அப்பா, உங்க சித்தரு!"

நாராயணபெருமாள் படத்தைப் பார்த்தார். மகளைப் பார்த்தார். பிறகு நாற்காலி போட்டு ஏறி, மாலையைக் கழற்றி, படத்தை இறக்கிச் சுவர்ப் பக்கமாகத் திருப்பி வைத்தார்.

"அப்படி ஒரு ஆளே கெடையாது. நாலு குப்பி விக்கட்டுன்னு நானா உண்டாக்குன ஆளாக்கும்."

முதலில் சிரித்தது அஜின்தான்.

"அப்போ எட்டு வருசமா நான் விளக்கு வச்சது ஆருக்கு?" தாணம்மாள் அப்படியே தரையில் உட்கார்ந்தாள்.

ராஜையன் துள்ளி எழுந்தார். துண்டு கீழே விழுந்தது. "கள்ளன்! இல்லாத சித்தரைக் காட்டி ஊரையே பறிச்சிருக்கான்! இவன நான் சும்மா விடமாட்டேன்!" என்று கத்திக்கொண்டே வாசலை நோக்கித் திரும்பினார்.

வாசலில் நின்ற யோவான் அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"நீரு இஞ்சயா இருக்கீரு? ரெண்டு வருசமா எங்க ஊருல செம்புருக்கிச் சித்தருக்க பேரன்னு சொல்லி நீரு வித்த எண்ணெயில வேதனை கேக்கல்லன்னுல்லா, அசல் பேரனைத் தேடி நான் ரெண்டு பஸ் மாறி வந்தேன்!"