காக்கா வந்தாதான் சோறு

போன மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை எனக்கு இருந்த வேலை ரொம்பச் சின்னது. நாலு பேரை நெசவுக்காரங்க இருக்கிற பிள்ளையார்பாளையத்துக்குக் கூட்டிட்டுப் போகணும், நடக்க வெக்கணும், நடுநடுவுல சாப்பிட வெக்கணும், மதியம் லாட்ஜ்ல கொண்டு போய் விட்டுடணும்.

இதுக்குப் பேரு ஃபுட் வாக். பெரிய ஊர்ல எல்லாம் பண்றாங்க. எங்கெங்கிருந்தோ வந்து குடியேறின ஜனங்க இருக்கிற பழைய தெருவுல நடந்துக்கிட்டே, அவங்க சமையலைச் சாப்பிட்டுக்கிட்டே, கதை கேக்கறது.

இதை ஒரு ரீல்ஸ்ல பார்த்தேன். பார்த்ததும், "அட, நம்ம காஞ்சிபுரத்துல இல்லாததா?"ன்னு ரோஷம் வந்துடுச்சு. தெலுங்கு பேசறவங்க, கன்னடம் பேசறவங்க, சௌராஷ்டிரா பேசறவங்க, எல்லாரும் பட்டுக்காக வந்து இங்கயே தறி போட்டு உக்காந்தவங்கதான!

கோயில் பக்கத்துல லாட்ஜ் நடத்தற ஹேமா மேடம்கிட்ட போய்ச் சொன்னேன். அவங்க கண்ணாடியை ஏத்தி விட்டுக்கிட்டு என்னைப் பார்த்தாங்க.

"ஒரு தடவை பண்ணிக் காட்டும்மா. கெஸ்ட் சந்தோஷமா திரும்பி வந்தா வாராவாரம் ஞாயித்துக்கிழமை உனக்கு. மூஞ்சியத் தூக்கி வெச்சுக்கினு வந்தா, இந்தப் பேச்சையே வுட்டுடணும்."

எனக்கு இது வாழ்வா சாவா பிரச்சனை. ஏன்னா எங்க அண்ணன் எனக்கு ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு கம்பெனியில ரிசப்ஷன் வேலை பார்த்து வெச்சிருந்தான். விடியறதுக்கு முன்னாடி கம்பெனி பஸ் எங்க வீடு இருக்கிற ஐயம்பேட்டைக்கு வந்துடும். எனக்கும் விடியக்காலைக்கும் பொறந்ததுல இருந்தே ஆகாது.

அதனால ரொம்ப யோசிச்சு நாள் குறிச்சேன். நெசவுக்காரங்க அமாவாசைக்குத் தறியில உக்கார மாட்டாங்க. வீட்ல எல்லாரும் ஓய்வா இருப்பாங்க, பேசுவாங்க, சமைப்பாங்க. வர்ற அமாவாசையும் ஞாயித்துக்கிழமையில விழுந்துச்சு. என் புத்திசாலித்தனத்தை நானே மெச்சிக்கிட்டேன்.

எங்க வீட்ல அமாவாசைன்னா காலண்டர்ல ஒரு கறுப்பு வட்டம். அவ்ளோதான். நாங்க சர்ச்சுக்குப் போற குடும்பம். அந்த வட்டத்துக்குள்ள என்னென்ன சட்டதிட்டம் இருக்குன்னு இந்த ஜெசிந்தாவுக்கு என்ன தெரியும்?

ஸ்கூல்ல என்கூடப் படிச்ச ஜோதிக்கு ஃபோன் போட்டேன். தெலுங்கு பேசற நெசவுக் குடும்பம். அவங்க அம்மா சமையலுக்காகவே நான் அவளோட சிநேகிதம் பிடிச்சேன்னு ஒரு வதந்தி உண்டு. உண்மைதான்.

"ஜோதி, அமாவாசைக்கு தறி லீவு தான? வூட்ல இருப்பீங்க இல்ல?"

"நாங்க எங்கடி போவப் போறோம்?"

"கெஸ்ட் நாலு பேரு வராங்க. அம்மா சமைப்பாங்களா?"

"அமாவாசைக்கு சமைக்காம இருப்பாங்களா? வடை பாயசத்தோட சமைப்பாங்க. நல்லா பசியோட கூட்டினு வா!"

எத்தனை மணிக்கு வரட்டும்னு நான் கேக்கல. அவளும் சொல்லல. ஊர் உலகத்துக்கே தெரிஞ்ச விஷயத்தை ஒருத்தி கேப்பாள்னு அவளுக்கு எப்படித் தோணும்?

நான் உடனே கெஸ்ட் நாலு பேருக்கும் மெசேஜ் போட்டேன்: "காலையில எதுவும் சாப்பிடாதீங்க. வயிற்றைக் காலியாக வைத்துக்கொண்டு வாருங்கள்!" கூடவே சிரிக்கிற பொம்மை வேற.

ஞாயித்துக்கிழமை காலைல எங்க அம்மா வாசல்ல நின்னு வழியனுப்பினாங்க.

"கொயர்ல பாடற பொண்ணு, ஆராதனைய வுட்டுட்டு ஊரு சோத்த சுத்திக் காட்டப் போற. கர்த்தர் பார்த்துக்கினுதான் இருக்காரு."

"சாயங்கால ஆராதனைக்குப் போறேம்மா"ன்னு சொல்லிட்டு ஷேர் ஆட்டோ ஏறினேன்.

கெஸ்ட் ரெடியா இருந்தாங்க. கோயம்புத்தூர்ல இருந்து வந்த நடராஜன் சார், அவரோட சம்சாரம் லலிதா மேடம், சென்னையில ஐ.டி. கம்பெனியில வேலை பார்க்கிற காவ்யா, அவளோட ஃப்ரெண்டு ஒரு பொண்ணு. நாலு பேரும் சொன்ன பேச்சைக் கேட்டு வெறும் வயித்தோட வந்திருந்தாங்க. இவ்வளவு கீழ்ப்படியற ஜனங்களை நான் பார்த்ததே இல்ல.

மொத நிறுத்தம், டீக்கடை. அங்க போடற போண்டாவைப் பத்தி வழியெல்லாம் வர்ணிச்சுக்கிட்டே போனேன். போனா ஷட்டர் பாதி மூடியிருக்கு. கடைக்கார மணி அண்ணன் படியில உக்காந்து பேப்பர் படிச்சுக்கிட்டிருக்காரு.

"என்னண்ணா, கடை இல்லியா?"

"தறி ஓடலன்னா எனக்கு என்னாம்மா வேலை? நெசவுக்காரங்க எழுந்து வந்தாதான் டீ. அவங்களுக்கு லீவுன்னா எனக்கும் லீவு."

"ஒரு அஞ்சு டீ மட்டும்..."

"பாலே வாங்கலம்மா."

அடுத்தது இட்லி, பஜ்ஜி போடற கோகிலா அக்கா. அந்த அக்கா தலைக்குக் குளிச்சு ஈரத் துண்டோட வெளிய வந்தாங்க.

"இன்னிக்கு வூட்டுல படையல் இருக்குது. கடையெல்லாம் நாளைக்குத்தான். அமாவாசைல யாராச்சும் இட்லி கேட்டுக்கினு வருவாங்களா?"

நான் வந்தேன். ஆளோட வந்தேன்!

நடராஜன் சார் ரொம்ப மரியாதையானவர். மெதுவா பக்கத்துல வந்தார்.

"ஏனுங்க மேடம், சாப்பாடு எப்பங்க?"

"மெயின் ஐட்டம் ஒரு வீட்ல சார். அதுக்கு முன்னாடி கொஞ்சம் வரலாறு பார்த்துடலாம்."

சாப்பாடு இல்லாத ஃபுட் வாக்ல மீதி இருக்கறது வரலாறும் நடையும்தான். ரெண்டையும் தாராளமா குடுத்தேன். தெருவைக் காட்டி, "இங்க இருக்கறவங்க எல்லாம் பல தலைமுறைக்கு முன்னாடி வெளியூர்ல இருந்து வந்து குடியேறினவங்க"ன்னு சத்தமா சொன்னேன்.

ஒரு வீட்டு வாசல்ல பல் தேய்ச்சுக்கிட்டிருந்த பெரியவர் பாதி நுரையோட எழுந்துட்டார்.

"யாரும்மா வந்தவங்க? நாங்க இந்த ஊர்க்காரங்க. வந்தவங்கல்லாம் பின்னாடி தெருவுல இருக்காங்க!"

சரின்னு பின்னாடி தெருவுக்குப் போனோம். அங்க துணி காயப்போட்டுக்கிட்டிருந்த அம்மா பொசுக்குன்னு சொன்னாங்க, "நாங்களா? முன்னாடி தெருக்காரங்கதான் வந்தவங்க. அவங்க பேச்ச கேட்டாலே தெரியல?"

ரெண்டு தெருவையும் மாத்தி மாத்திச் சுத்தினோம். வந்து குடியேறினவங்க ஒருத்தர்கூட சிக்கல. காவ்யா வீடியோ எடுத்துக்கிட்டே கேட்டா, "அக்கா, அப்போ நாம மட்டும்தான் வெளியூரா?"

இதுக்கு மேல தாங்காதுன்னு நேரா ஜோதி வீட்டுக்கே கூட்டிட்டுப் போயிட்டேன். உள்ள இருந்து நெய் வாசனை வந்துச்சு. எங்க அஞ்சு பேர் கால்லயும் ஒரு வேகம்!

ஜோதியோட அம்மா முகமெல்லாம் சிரிப்பா வரவேத்தாங்க. "ரண்டி, ரண்டி! உள்ள வாங்க. இவ்ளோ சீக்கிரமா வந்துட்டீங்களே, பரவால்ல, உக்காந்து பேசிக்கினு இருங்க."

'இவ்ளோ சீக்கிரமா'ங்கற வார்த்தை காதுல விழுந்ததும் ஜோதியைத் தனியா இழுத்துட்டுப் போனேன்.

"சாப்பாடு ரெடியா இல்லியா?"

"ஆயிட்டே இருக்குதுடி. செஞ்சு முடிச்சு, படைச்சு, காக்காவுக்கு வெச்சு, அது சாப்ட்டப்புறம்தான் நமக்கு."

"காக்கா எப்ப சாப்பிடும்?"

"அதை காக்காகிட்டதான் கேக்கணும்!"

எனக்குத் தலை சுத்திச்சு. பசியிலயா பயத்துலயான்னு தெரியல.

லலிதா மேடம் பேச்சுக் குடுத்தாங்க. "ஏனுங்க்கா, நீங்களாச்சும் சொல்லுங்க. உங்க குடும்பம் வெளிய இருந்து வந்ததுங்களா?"

ஜோதியோட அம்மா பருப்பைக் கடைஞ்சுக்கிட்டே ஒத்துக்கிட்டாங்க. "வந்தவங்கதாம்மா. ஆனா பின்னாடி தெருக்காரங்களுக்கு முன்னாடியே வந்துட்டோம்!"

அப்பாடா, ஒரு வீடு கிடைச்சிடுச்சு. சந்தோஷத்துல நான் அந்தப் பருப்பைக் காட்டி, "இதை இவங்க பப்புன்னு சொல்வாங்க, அதோ அந்த போளி பொப்பட்லு"ன்னு விளக்கம் குடுக்க ஆரம்பிச்சேன். தப்பு பண்ணிட்டேன். வெறும் வயித்துக்காரங்க முன்னாடி பேர் சொல்லவே கூடாது. நடராஜன் சார் கை அவரை அறியாம வடைத் தட்டுப் பக்கம் போயிடுச்சு.

"சார்! வேணாம் சார்!" நான் போட்ட சத்தத்துல அவர் கையை சட்டைப் பைக்குள்ளயே விட்டுக்கிட்டார்.

"மன்னிச்சுக்கோங்க. கை தானாப் போயிருச்சுங்க."

பாவமா இருந்துச்சு. நிஜமாவே எனக்கு என் மேலயே கோபம் வந்துச்சு. ரிட்டயர் ஆன மனுஷனைப் பட்டினி போட்டு, அதுக்கு ஒரு இங்கிலீஷ் பேரும் வெச்சிருக்கேனே!

ஒருவழியா படையல் முடிஞ்சு, எல்லாரும் மொட்டை மாடிக்கு ஏறினோம். ஜோதியோட அம்மா கைப்பிடிச் சுவர் மேல இலையை வெச்சு, சோறு, பப்பு, வாழைக்காய், வடை எல்லாம் எடுத்து வெச்சுட்டு, "கா... கா..."ன்னு கூப்பிட்டாங்க.

வரல.

ஜோதி கூப்பிட்டா. வரல. நடராஜன் சார் கோயம்புத்தூர் மரியாதையோட, "வாங்க, வாங்க"ன்னார். அப்பவும் வரல.

அந்த நேரம் பார்த்து ஹேமா மேடம் ஃபோன். "என்னம்மா, கெஸ்ட் சாப்ட்டாங்களா?"

"சாப்பிடப் போறாங்க மேடம். ஒருத்தர் வரணும், அதுக்குத்தான் வெயிட்டிங்."

"யாரு?"

"இந்த வீட்டுப் பெரியவங்க மேடம்."

"வயசானவங்களா? பாவம், மெதுவா வரட்டும்"னு சொல்லிட்டு வெச்சுட்டாங்க. மேடம் நல்லவங்க.

அப்பதான் காவ்யா ஃபோனை ஜூம் பண்ணிக்கிட்டே சொன்னா, "அக்கா, அங்க பாருங்க."

பார்த்தேன். தெரு முழுக்க எல்லா மாடியிலயும் இலை. எல்லா மாடியிலயும் ஜனங்க "கா... கா..." காக்கா கூட்டம் ஒவ்வொரு மாடியா உக்காந்து, இந்த வீட்டு வடையில ஒரு கொத்து, அந்த வீட்டு பாயசத்துல ஒரு கொத்து, தெலுங்குக்காரங்க வீடு, கன்னடக்காரங்க வீடுன்னு எதையும் விடாம ருசி பார்த்துக்கிட்டு வருது. நான் எந்த ஃபுட் வாக் நடத்தணும்னு ஆசைப்பட்டேனோ, அதை அதுங்க நடத்திக்கிட்டிருந்துச்சு. கைடு கூட இல்லாம!

எங்க பக்கத்துல இருந்த ஒரே காக்கா தண்ணி டேங்க் மேல உண்ட மயக்கத்துல கண்ணை மூடிக்கிட்டு உக்காந்திருந்துச்சு.

கீழ வடை ஆறுது. மேல நாலு கெஸ்ட் வெயில்ல வாடறாங்க. என் கண்ணு முன்னாடி கம்பெனி பஸ் ஹாரன் அடிச்சுக்கிட்டு வருது.

எனக்கு வெறி வந்துடுச்சு. துப்பட்டாவை இடுப்புல இறுக்கிக் கட்டினேன். மூச்சை நல்லா இழுத்து, ஈஸ்டர் ஆராதனையில உச்சஸ்தாயியில பிடிப்போமே, அதே குரல்ல எடுத்தேன்:

"காாாாாாாா!"

தெருவே நின்னுடுச்சு. பக்கத்து மாடியில ஒருத்தர் கையில இருந்த சொம்பைக் கீழ போட்டார். டேங்க் மேல இருந்த காக்கா அலறி எழுந்து, எந்தப் பக்கம் பறக்கறதுன்னு தெரியாம, நேரா எங்க இலை மேல வந்து விழுந்துச்சு. விழுந்தது விழுந்துட்டோம்னு ஒரு வாய் சோத்தையும் எடுத்துக்கிச்சு.

"சாப்ட்டுருச்சு!"ன்னு நடராஜன் சார் குதிச்ச குதியை லலிதா மேடம் கல்யாணமான நாள்ல இருந்து பார்த்திருக்க மாட்டாங்க.

ஜோதியோட அம்மா என் கன்னத்தை வழிச்சு நெட்டி முறிச்சாங்க. "எங்க மாமனாரு உசுரோட இருந்தப்போவே கூப்ட்ட குரலுக்கு வரமாட்டாரு. உன் குரலுக்கு வந்துட்டாரே!"

அப்புறம் இலை போட்டாங்க. அந்த நாலு பேரும் சாப்பிட்டதைச் சாப்பாடுன்னு சொல்ல முடியாது. அது ஒரு போர். காவ்யாவோட ஃப்ரெண்டு காலைல இருந்து வாயே திறக்கல. பொப்பட்லு வந்ததும் திறந்தா, மூடவே இல்ல. ஜோதியோட அம்மா "இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம்"னு போட, நடராஜன் சார் எழுந்துக்க முடியாம சுவத்தைப் பிடிச்சுக்கிட்டு எழுந்தார்.

லாட்ஜுக்குத் திரும்பினப்போ ஹேமா மேடம் வாசல்லயே நின்னாங்க. நான் பின்னாடி ஒளிஞ்சுக்கிட்டேன்.

நடராஜன் சார் சொன்னார், "என் வாழ்க்கையில இப்படிப் பசிச்சதும் இல்லைங்க, இப்படிச் சாப்பிட்டதும் இல்லைங்க." அவர் சொன்னதுல மொத பாதிக்கு நான் முழுப் பொறுப்பு. ரெண்டாவது பாதிக்கும் தலையை ஆட்டி வெச்சேன்.

சாயங்காலத்துக்குள்ள காவ்யா அந்த மாடி வீடியோவைப் போட்டுட்டா. பாதி ஊர் பார்த்துடுச்சு. எங்க சர்ச் பாஸ்டரும் பார்த்துட்டார். "குரல் நல்லாத்தான் இருக்கு, காலைலயும் வந்து பாடலாமே"ன்னு மட்டும் சொன்னார்.

மறுநாள் ஹேமா மேடம் கூப்பிட்டாங்க.

"ஞாயித்துக்கிழமை உனக்குத்தான். ஆனா வீடியோ பார்த்துட்டு வர்றவங்க எல்லாரும் அந்தக் காக்கா வேணும்னு கேக்கறாங்கம்மா."

ஜோதியோட அம்மாகிட்ட கேட்டேன். "நாங்க தினமும்தான் காக்காவுக்கு வெக்கறோம், கூட்டினு வா"ன்னுட்டாங்க.

அண்ணன்கிட்ட வேலை வேணாம்னு சொல்லிட்டேன். கம்பெனி பஸ் தொல்லை விட்டுது. இப்ப சனிக்கிழமை ராத்திரி ஆனா எனக்கு ஒரே கவலைதான்: நாளைக்கு காக்காவுக்கு வேற புரோகிராம் எதுவும் இருக்கக் கூடாது.