மாமனாருக்குப் போன கல்யாணக் கடிதம்

செம்பூர், பம்பாய்–71
8-8-1988, திங்கட்கிழமை

சிரஞ்சீவி பஞ்சுவுக்கு,

உன் அத்திம்பேர் வெங்கடேஸ்வரன் நிறைந்த ஆசிகளோடும், அவற்றைவிட நிறைந்த வெட்கத்தோடும் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உன் அக்கா விசாலாக்ஷியும் ஷ்யாமளாவும் சரீர அளவில் சௌக்கியம். உல்லாஸ்நகரில் நீயும் அகிலாண்டமும் அவ்வாறே இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நீ என்மேல் கோபமாக இருக்கிறாய் என்பதை மட்டும் நம்பிக்கைக்கு விட வேண்டியதில்லை. 19-7-1988 தேதியிட்ட உன் கார்டு மேஜைமேல் இருக்கிறது. "அத்திம்பேர், கல்யாணத்துக்கு எங்கப்பாவைக் கூப்பிட்டிருக்கேள். ரொம்ப சந்தோஷம். மாலை மாத்தறச்சே அவரே வந்து ஷ்யாமளாவைத் தோள்ல தூக்கட்டும். நான் வரலை." இரண்டு தடவை படித்தேன். ஒரு வாக்கியத்தையும் என்னால் மறுக்க முடியவில்லை.

நடந்ததைத் தேதிவாரியாகச் சொல்கிறேன். நம் சபையின் கௌரவக் காரியதரிசி என்ற முறையில், அங்கத்தினர்கள் தங்கள் பெற்றோரின் திவசத்தை மறந்துவிடக் கூடாதே என்று சென்ற வருஷம் ஓர் ஏற்பாடு செய்தேன் அல்லவா? காலமானவரின் பெயர், இந்த வருஷம் திதி வரும் தேதி, வீட்டு விலாசம் மூன்றையும் மாதுங்காவில் ஜாப் டைப்பிங் கடை வைத்திருக்கும் தாராவி மன்சூர் அலியின் கம்ப்யூட்டரில் ஏற்றி வைத்திருக்கிறோம். ஒரே ஒரு மாதிரிக் கடிதம் இங்கிலீஷில் அடித்து, பெயருக்கும் தேதிக்கும் காலியிடம் விட்டால் போதும். மாதா மாதம் அந்த மாதத்துக்கு உரியவர்களை யந்திரமே பொறுக்கி, காலியிடங்களை நிரப்பி, ஆளுக்கொரு கடிதமாகத் தள்ளிவிடும். நம் உறவிலும் சிநேகிதத்திலும் இந்தச் சபையில் இல்லாதவர் யார்? ஆகவே ஷ்யாமளாவின் கல்யாணப் பத்திரிகையோடு வைக்க வேண்டிய அழைப்புக் கடிதத்தையும் அதே விலாசங்களுக்கு அதே முறையில் அனுப்பிவிடுவது என்று தீர்மானித்தேன். கல்யாணத் தேதியை டைப் அடித்தால் நூற்று நாற்பது கடிதத்தில் ஒன்றிலாவது தப்பு வரும் என்று பயந்து, அதற்கும் காலியிடம் விடச் சொன்னவன் நான்தான். முப்பத்தாறு வருஷம் ரயில்வே கணக்குப் பிரிவில் டைப்பிஸ்டுகளைப் பார்த்தவனின் பயம் அது.

மன்சூர் அலி கேட்டான், அதை மறைக்க மாட்டேன். "சார், ஒண்ணு அடிச்சுப் பாத்துட்டு மீதிய விடுவோமா?" என்றான். "எல்லாம் நான் பார்த்தாச்சு. ஆடி பிறப்பதற்குள் தபாலில் சேரணும், ஓட்டு" என்றேன். 14-7-1988 வியாழக்கிழமை நூற்று நாற்பதும் போயின. உறையின்மேல் விலாசம் சரி, உள்ளே பத்திரிகை சரி. கடிதத்தில் மட்டும், ஒவ்வொரு வீட்டிலும் காலமான பெரியவருக்கு, அவருடைய திவசத்தன்று நடக்கும் என் பெண்ணின் விவாகத்துக்குக் குடும்ப சகிதமாக வந்து ஆசீர்வதிக்கும்படி அழைப்பு.

அப்புறம் என்ன, ஆரம்பித்தது. எதிர்வீட்டு கணபதிராமன் காபி நேரத்தில் வந்தார். "என் தோப்பனார் அன்னிக்கு வருவார் ஓய், சந்தேகமே வேண்டாம். ஆனா எங்காத்துக்குன்னா வருவார்? எள்ளும் பிண்டமும் வெச்சிண்டு நாங்க காத்திண்டிருக்கறச்சே உம்ம பெண் கல்யாணத்துக்கு எப்படி வருவார்?" என்று கேட்டுவிட்டு, காபியைக் குடித்துவிட்டுத்தான் போனார். சம்பந்தி மிகவும் மரியாதைக்காரர், போனில் குரலே உயர்த்தவில்லை: "தேதியை மாத்தினது இருக்கட்டும், மாத்தினதை எங்கப்பாகிட்ட மட்டும் சொல்லியிருக்கேளே?" போனை வைத்துவிட்டு நேரே மன்சூர் அலியிடம் போய்ச் சத்தம் போட்டேன். அவன் அசரவில்லை. "நீங்க இந்த ஃபைலுன்னு சொன்னிய, நா இந்த ஃபைலப் போட்டேன். மௌத்தானவுக பேருன்னு மெசினுக்குத் தெரியுமா சார்? நல்ல நல்ல பேரா இருக்கேன்னுல்லா நா நெனச்சேன்!"

மற்றவர்களுடைய கோபம் போகட்டும் பஞ்சு. நீ உன் கார்டோடு சேர்த்துத் திருப்பி அனுப்பினாயே அந்தக் கடிதம், அதை உன் அக்காதான் முதலில் பிரித்தாள். டியர் ஸ்ரீ கல்யாணராமய்யர் என்று இருப்பதைப் பார்த்தவள் அப்படியே ஊஞ்சலில் உட்கார்ந்துவிட்டாள். நான் திட்டு வாங்கத் தயாராக நின்றேன். அவள் திட்டவில்லை. "அப்பா பேரைப் போட்டு ஒரு லெட்டர் வந்து எத்தனை வருஷமாச்சு" என்றாள். கடிதத்தை மடித்துக்கொண்டே, "வாங்கோன்னு கூப்பிட்டிருக்கேள், அதாவது நன்னாயிருக்கு. பஞ்சு வராம இந்தக் கல்யாணம் எனக்கு வேண்டாம்" என்றாள். அவளுக்குக் கூடப்பிறந்தவன் நீ ஒருவன். மாலை மாற்றும்போது குழந்தையைத் தோளில் தூக்குவதற்கு மாமா இல்லையென்றால் வேறு யாரையாவது நிறுத்தலாம் என்று சாஸ்திரிகள் சொல்கிறார். ஷ்யாமளாவோ, "மாமா தூக்கலேன்னா நான் தரையிலேயே நின்னுண்டு போட்டுக்கறேன். வேற யாரும் என்னைத் தொட வேண்டாம்" என்கிறாள். மூன்று வயசில் உன் தோளிலிருந்து தாதர் ஸ்டேஷனைப் பார்த்த பெண் அவள். தப்பு செய்தவன் நான், தண்டனை அவளுக்கா?

வெறும் வருத்தம் தெரிவித்துவிட்டு நான் சும்மா இருந்துவிடவில்லை என்பதையும் அறிவாயாக. 25-7 முதல் 27-7 வரை மூன்று பிற்பகல்களும் மன்சூர் அலியின் பக்கத்திலேயே உட்கார்ந்து, அந்த ஃபைலில் இருந்த ஒவ்வொரு பெயரையும் என் கண் முன்னால் திருத்த வைத்தேன். காலமானவர் பெயரை எடுத்துவிட்டு இருப்பவர் பெயர். திதி இருந்த இடத்தில் எல்லாவற்றுக்கும் கல்யாணத் தேதி, 24-8-1988. உன் பெயர், ஏன் என் பெயர்கூட விடுபடவில்லை. 28-7 அன்று புதிய கடிதங்கள் போயின, எல்லோரும் சமாதானமாகிவிட்டார்கள். உனக்கு மட்டும் யந்திரக் கடிதம் வேண்டாம் என்று எடுத்து வைத்துவிட்டு, இதைக் கைப்பட எழுதுகிறேன். இனி எந்தப் பிழைக்கும் இடமில்லை என்று உறுதி கூறுகிறேன். மன்னித்துவிடு. இரண்டு நாள் முன்னதாகவே வந்துவிடு.

உனக்கும் அகிலாண்டத்துக்கும் நோயற்ற வாழ்வும் நீண்ட ஆயுளும் அருளும்படி செம்பூர் முருகனை வேண்டிக்கொள்ளும்,

உன் அத்திம்பேர்,
கே. வெங்கடேஸ்வரன்

பி.கு.: உறையை ஒட்டும் நேரத்தில் தபால்காரர் சபையின் கடிதம் ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போனார். 'காலஞ்சென்ற ஸ்ரீ கே. வெங்கடேஸ்வரன் அவர்களின் குடும்பத்தாருக்கு: அன்னாரின் திவசம் 24-8-1988 புதன்கிழமை வருகிறது.' மன்சூர் அலிக்குப் போன் செய்தேன். "ஆகஸ்ட் மாசத்துக்கு வளக்கம்போல ஓட்டுனேன் சார். எப்பவும் பத்துப் பன்னெண்டுதான் வரும், இந்த மாசம் எல்லாரும் வந்துட்டாவ. பேரத் திருத்துனது நீங்கதான?" என்கிறான். உன் அக்கா, "ஒம்பதரைக்கு முஹூர்த்தம். உங்க திவசத்துக்கு சாஸ்திரிகளை எத்தனை மணிக்கு வரச் சொல்லட்டும்?" என்று கேட்கிறாள். உல்லாஸ்நகருக்கும் ஒன்று வந்திருக்கும். அகிலாண்டம் பிரிப்பதற்குள் கிழித்துவிடு. கோபம் இருந்தால் கோபத்தோடேயே வா. நீ ஷ்யாமளாவைத் தோளில் தூக்கிக்கொண்டு நிற்க, நான் பக்கத்தில் நிற்க வேண்டும். நாம் இருவரும் உயிரோடு இருக்கிறோம் என்பதை இந்த நூற்று நாற்பது பேருக்கும் நிரூபிக்க எனக்கு வேறு வழி தெரியவில்லை.