அண்டா அண்ணாச்சி அடுக்கிய ஆகாயம்

விமானத்தில் காலே வைக்காமல் ஆகாய மார்க்கத்தை அங்குலம் அங்குலமாக அறிந்துவைத்திருந்த மனிதர் இந்த உலகத்தில் ஒருத்தர்தான். அவர் தென்காசியில், நான் குடியிருந்த வீட்டுக்குக் கீழ்த்தளத்தில் இருந்தார். வீடே அவருடையதுதான், மாடியில் வாடகைக்கு இருந்தவன் நான். கல்யாணங்களுக்குப் பாத்திரம் வாடகைக்கு விடுகிற தொழில் என்பதால் ஊருக்கு அவர் அண்டா அண்ணாச்சி. சொந்தப் பெயர் அவருடைய ஆதார் அட்டைக்கும், மனைவி செண்பகம் மதினிக்கும் மட்டுமே தெரியும். மதினி புருஷன் பெயரை வாயால் சொல்ல மாட்டார். ஆதார் அட்டையை நான் கேட்டதில்லை.

அண்ணாச்சி வண்டியில் பாத்திரம் ஏற்றுவதை வேலையை விட்டுவிட்டு நின்று பார்க்கலாம். அண்டா அடியில். அதற்குள் குண்டான், குண்டானுக்குள் வாளி, வாளிக்குள் சட்டி, எல்லாவற்றுக்கும் மேலே கரண்டி. ஊரே சாப்பிடுகிற அளவுக்கான பாத்திரத்தை ஒரு குட்டியானை வண்டிக்குள் அடக்கிவிட்டு, லோடு ஏற்றுகிற மாடசாமி காலை நீட்டிப் படுக்கவும் இடம் விடுவார். "வண்டி போகும்போது லொடலொடன்னு சத்தம் கேக்கப்படாது லே. கேட்டா நீ அடுக்கல, கொட்டியிருக்கேன்னு அர்த்தம்" என்பார். சீசனில் குற்றாலத்துக்கு வேன் பிடித்து வந்து சமைத்துச் சாப்பிடுகிறவர்கள்கூட இவரிடம்தான் பாத்திரம் எடுப்பார்கள்.

இத்தனை கெட்டிக்காரருக்கு உயரம் மட்டும் ஆகாது. சொந்தக் கடைப் பரணில் ஏற மாட்டார். ஐந்தருவியில் குளிக்கப் போனால் தலையை நிமிர்த்த மாட்டார். "மேல என்னத்தப் பாக்க? தண்ணிதான வருது, வரட்டும்" என்று குனிந்தே குளித்துவிட்டு வருவார்.

அவருடைய ஒரே மகள் மெல்போர்னில் இருந்தாள். அவள் உண்டாகியிருக்கிறாள் என்று செய்தி வந்த அன்றைக்கே மதினி பரணிலிருந்து பெட்டியை இறக்கித் துடைத்து வைத்துவிட்டார். அண்ணாச்சிக்கு முகம் வெளுத்துவிட்டது.

"கப்பல் எதுவும் போவுதான்னு கேளு" என்றார்.

"கப்பல்ல போயிச் சேரதுக்குள்ள பேரப்புள்ள பள்ளிக்கூடத்துக்குப் போயிரும். நீங்க வராட்டி இருங்க, நான் போறேன்."

"ஒன்னத் தனியா அனுப்பிட்டு நான் இங்கன எப்படிச் சோறு திங்க?"

இதுதான் நிலவரம். தானும் ஏற மாட்டார், மதினியையும் தனியாக விட மாட்டார். இப்படியே போனால் தலைப்பிரசவத்துக்குத் தாய் பக்கத்தில் இல்லாமல் அந்தப் பெண் அங்கே தனியாகக் கிடக்க வேண்டியதுதான். மதினி சத்தம் போடவில்லை. ஆனால் சமையல்கட்டில் பாத்திரங்கள் சத்தம் போட்டன.

மருமகன் ஒரு வழி செய்தான். மெல்போர்னில் இருந்தபடியே, இங்கே மகளின் அறையில் சும்மா கிடந்த கம்ப்யூட்டரில் விமானம் ஓட்டிப் பழகுகிற சிமுலேட்டர் ஒன்றைப் போட்டுக் கொடுத்தான். "மாமா, இதுல ஒரு தடவ திருவனந்தபுரத்துல ஏறி சிங்கப்பூர் வழியா மெல்போர்ன் வந்து பாருங்க. பயமெல்லாம் போயிடும்" என்றான். ஒரு ஞாயிற்றுக்கிழமையோடு முடிகிற சமாச்சாரம் என்று நினைத்திருக்கிறான், பாவம். மாமனாரைப் பற்றி அவனுக்கு ஒன்றும் தெரியவில்லை.

அண்ணாச்சி திறந்து பார்த்தார். திருவனந்தபுரம் விமான நிலையம் இருக்கவேண்டிய இடத்தில் ஒரு தார்ப்பட்டையும் இரண்டு பெட்டிக் கட்டடங்களும் இருந்தன. "என்ன தம்பி இது, சோப்புக்கட்டிய வச்ச மாதிரி? மகள வழியனுப்பும்போது நான் பாத்திருக்கேம்லா, அது இப்படியா இருந்துச்சு? நெசமா இல்லாததுல ஏறிப் பழகி என்ன புண்ணியம்?" என்று என்னிடம் கேட்டார். நான் இலஞ்சியில் பள்ளிக்கூட வாத்தியார். இங்கிலீஷ் குறிப்புகளைப் படித்துச் சொல்ல என்னைப் பிடித்துவைத்திருந்தார்.

படித்ததில் தெரிந்தது இது. உலகம் முழுக்க இருக்கிற ஆர்வலர்கள் அசல் போலவே விமான நிலையம், காடு, ரோடு, நிலம் என்று தனித்தனியாகச் செய்து இணையத்தில் வைத்திருக்கிறார்கள். வேண்டியதை இறக்கிக்கொள்ளலாம், வீடு, ஷெட் என்று ஒவ்வொன்றாக எடுத்து நாமே வைக்கவும் செய்யலாம். ஆனால் எது மேலே, எது கீழே என்று ஒரு பட்டியலில் வரி வரியாக எழுதிவைக்க வேண்டும். வரிசை தப்பினால் ஒன்று இன்னொன்றை மூடிவிடும்.

"அடுக்குற வேலையா?" என்றார் அண்ணாச்சி. அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம்.

ஒரு வாரம் இறக்கினார். ஒரு வாரம் அடுக்கினார். சனிக்கிழமை சாயங்காலம் வெள்ளோட்டம். மதினி, நான், மாடசாமி மூன்று பேரும் நாற்காலி போட்டு உட்கார்ந்தோம். திரை விரிந்தது. பச்சைப் பசேல் என்று தென்னந்தோப்பு. நடுவில், சக்கரம் மண்ணுக்குள் புதைந்து, தன்னந்தனியாக ஒரு விமானம்.

"எங்க லே ரன்வே?" என்றார் அண்ணாச்சி.

"தோப்புக்குள்ளல்லா நிக்கு! தேங்கா ஏத்த வந்திருக்கும்போல" என்றான் மாடசாமி.

அண்ணாச்சி எழுந்துவிட்டார். "பாத்தியா செண்பகம்? நான் அப்பமே சொன்னேம்லா? இதுல ஏறி உருப்புடுவமா?"

மருமகனைப் போனில் பிடித்தோம். அவன் பட்டியலைப் பார்த்துவிட்டுச் சிரித்தான். "மாமா, தலைகீழா எழுதியிருக்கீங்க. முதல் வரியில இருக்கறதுதான் எல்லாத்துக்கும் மேல வரும். நீங்க நிலத்தை முதல்ல எழுதிட்டீங்க. அது ரன்வேயை மூடிடுச்சு."

"அது எப்படி மாப்ள? மொத வச்சது அடியிலதான கெடக்கும்? நான் அண்டாவ மொத ஏத்துனா அது கரண்டிக்கு மேல போயா நிக்கும்?"

மருமகன் சொன்னதையே திரும்பச் சொன்னான். அந்தக் கரண்டிக் கேள்விக்குப் பதில் சொல்ல உலகத்தில் யாராலும் முடியாது. அண்ணாச்சி கோபித்துக்கொண்டு கம்ப்யூட்டர் பக்கமே போகாமல் இருந்தார். பிறகு ஒருநாள் காலையில், நான் பல் விளக்கிக்கொண்டிருக்கும்போது, மாடிப்படியின் கீழ் நின்று கூப்பிட்டார்.

"தம்பி, பிடிபட்டுட்டு! ஏத்துற கணக்குல எழுதப்படாது. எறக்குற கணக்குல எழுதணும். மண்டபத்துல போயி எறக்கும்போது மொத கைக்கு வாரது எது? கரண்டி. அதான் விமான நிலையம். காடும் ரோடும் வாளி, குண்டான். அண்டா கடைசி வரி. அண்டாதான் பூமி! மாப்ளைக்குச் சொல்லத் தெரியல, பாத்துக்கோங்க."

வாயில் நுரையோடு நான் பிரமித்து நின்றேன். இதைவிடத் தெளிவாக அந்த விஷயத்தை எவனும் விளக்கியிருக்க முடியாது.

இதனால் ஒரு சேதமும் நடந்தது. இறக்குகிற கணக்கு மண்டைக்குள் ஏறிவிட்டதால், இலஞ்சியில் ஒரு கல்யாணத்துக்கான பாத்திரப் பட்டியலையும் அதே கணக்கில் எழுதி மாடசாமியிடம் கொடுத்துவிட்டார். அவன் வழக்கம்போல முதல் வரியிலிருந்து ஏற்றினான். கரண்டிகள் அடியில், அண்டாக்கள் அதன் தலைமேல். வண்டி மண்டபம் போய்ச் சேர்ந்தபோது கரண்டிகள் எல்லாம் நசுங்கி, ஒன்றோடு ஒன்று பின்னிக்கொண்டு, பிரிக்கவே முடியாமல் கிடந்தன. சாம்பார் கொதிக்கிறது, கிண்ட ஒன்றுமில்லை. சமையல்காரர் தென்னமட்டையை வெட்டிக் கிண்டிக்கொண்டே போன் போட்டார்.

"யோவ் அண்ணாச்சி, ஒமக்கு என்ன கோட்டி பிடிச்சிருக்கா?"

"கோவப்படாதியும். எல்லாம் மெல்போர்ன் போறதுக்குத்தான்" என்றார் அண்ணாச்சி. அந்தச் சமையல்காரருக்கு இன்றுவரை இது விளங்கவில்லை.

அதற்குப் பிறகு அவர் போட்ட உழைப்பை நினைத்தால் எனக்கு இப்போதும் மலைப்பாக இருக்கிறது. ஒரு வரியை மாற்றினால் எல்லாவற்றையும் மூடிவிட்டு முதலிலிருந்து திறக்க வேண்டும். திறப்பதற்குள் மதினி உலை வைத்துச் சோறு வடித்துவிடுவார். இரண்டு பேர் செய்த சிங்கப்பூரைத் தெரியாமல் சேர்த்துவைத்ததில் ஒரு கட்டடத்துக்குள் இன்னொரு கட்டடம் முளைத்து, விமானம் கண்ணாடிச் சுவருக்குள் மாட்டிக்கொண்டது. காட்டை ஒரு வரி மேலே வைத்தால் ரன்வேயில் மரம் நின்றது. அண்ணாச்சி அசரவில்லை. எடுத்தார், வைத்தார், மூடினார், திறந்தார். இரண்டு சிங்கப்பூரில் ஒன்றைக் கழற்றும்போது, "நல்ல வேலைக்காரன்தான், ஆனா ரெண்டு பேரு ஒரே எடத்துல எப்படி நிக்க?" என்று செய்தவனுக்காக வருத்தப்பட்டார்.

ஒரு சாரல் சாயங்காலம் என்னைக் கூப்பிட்டார். "உக்காருங்க தம்பி."

திருவனந்தபுரத்தில் விமானம் மேலேறியது. கடல் தெரிந்தது. வலப்பக்கம் திரும்பி மலையைத் தாண்டினார். மேகம் விலகியது. நான் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன். கீழே செங்கோட்டை ரோடு. குற்றாலத்து மலையில் வெள்ளைக் கோடாக அருவி. இலஞ்சி வயல்கள், தென்னந்தோப்புகள். தூரத்தில் தென்காசிக் கோபுரம் நெட்டுக்குத்தலாக நிற்கிறது. அதற்குக் கொஞ்சம் தள்ளி ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஒரு சின்னக் கடை.

"அண்ணாச்சி, அது..."

"நம்ம கடைதான். வழியில பாத்தா மனசுக்குத் தெம்பா இருக்கும்லா?"

எனக்குக் கை கூப்பத் தோன்றியது. பரணில் ஏறப் பயப்படுகிற மனிதர், பிறந்த ஊரை ஆகாயத்திலிருந்து பார்த்து ஒவ்வொன்றையும் அதனதன் இடத்தில் வைத்திருக்கிறார்!

"ஒரு கல்லு பாக்கியில்ல தம்பி. இனி கண்ணக் கட்டி விட்டாலும் போயிருவேன்" என்றார். டிக்கெட் போட்டாயிற்று. நாளும் வந்தது. வீட்டுச் சாவியை என்னிடம் கொடுத்துவிட்டு, ஆரியங்காவு வழியாகத் திருவனந்தபுரத்துக்குக் காரில் போனார்கள்.

மத்தியானம் போன் வந்தது. அண்ணாச்சிதான், விமான நிலையத்திலிருந்து.

"தம்பி, மோசம் போயிட்டோம். இங்கன ரன்வேக்குப் பக்கத்துல நீலமா ஒரு ஷெட்டு நிக்கு. நம்ம கம்ப்யூட்டர்ல அது இல்ல!"

"இருந்துட்டுப் போகட்டும் அண்ணாச்சி. புதுசாக் கட்டியிருப்பாவ."

"அப்படின்னா இது நான் பாத்த எடமில்லையே! எனக்குக் கால் வரமாட்டேங்கு. நீங்க கீழ எறங்கிப் போயி, ஒரு ஷெட்டத் தூக்கி அங்கன வச்சு, மொத வரியில எழுதி, பிளேன் ஏறுதான்னு பாத்துச் சொல்லுங்க. பெறவு ஏறுதேன்."

பின்னால் பயணிகளை ஏறச் சொல்லி அறிவிப்பு கேட்டது. மதினியின் குரலும் கேட்டது: "ஏங்க, கூப்பிடுதாவ, வாங்க." நான் சாவியை எடுத்துக்கொண்டு படியிறங்கி ஓடினேன். அவர் சொல்லச் சொல்ல ஷெட்டை வைத்தேன், வரியை எழுதினேன், திறந்தேன். அது திறக்கிற லட்சணம்தான் தெரியுமே! எனக்கு வேர்த்து ஊற்றுகிறது. அங்கே இரண்டாவது அறிவிப்பு. கடைசியில் திரை விரிந்தது. கம்ப்யூட்டரோடு பூட்டியிருந்த கைப்பிடியைப் பிடித்து விமானத்தை ஓடவிட்டேன். நான் ஸ்கூட்டரைத் தவிர எதையும் ஓட்டியதில்லை. விமானம் இடது பக்கம் இழுத்தது, இன்னும் இழுத்தது, நேராகப் போய், நானே வைத்த ஷெட்டில் மோதியது. ஸ்பீக்கரில் இடி விழுந்த மாதிரி சத்தம்.

போன் கை மாறியது. பிறகு மதினியின் குரல் பக்கத்தில் வந்தது.

"தம்பி, போன வையுங்க. எம்புள்ள அங்கன வயித்தத் தள்ளிக்கிட்டு வாசலப் பாத்துட்டு இருக்கா. நான் ஏறப்போறேன். இவுக வந்தா வரட்டும்."

அவ்வளவுதான், இணைப்பு போய்விட்டது. அந்தப் பெண்ணின் காரியத்தை நான்தான் கெடுத்துவிட்டேனோ என்று என்னை நானே திட்டிக்கொண்டேன். யார் போனார்கள், யார் நின்றார்கள் ஒன்றும் தெரியவில்லை. தெருவில் கார் சத்தம் கேட்கும்போதெல்லாம் அண்ணாச்சி திரும்பி வந்துவிட்டார் என்று எட்டிப் பார்த்தேன். மறுநாள் சாயங்காலம் ஒரு வெளிநாட்டு நம்பர்.

"தம்பி, நான்தான். வந்து சேந்துட்டோம். மக நல்லா இருக்கா. அவ அம்மா மடியில படுத்துத் தூங்குதா."

எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "எப்படி அண்ணாச்சி ஏறுனிய? அந்தச் சத்தம் கேட்டுதா ஒங்களுக்கு?"

"கேக்காம என்ன? நல்லாவே கேட்டுச்சு. நான் அப்படியே உக்காந்துட்டேன். ஆனா செண்பகம் போயிட்டா, தம்பி. திரும்பிக்கூடப் பாக்கல. அவ ஏறி மேல போகையில நான் கீழ நின்னு என்ன செய்ய? ஓடிப் போயிப் பிடிச்சுக்கிட்டேன்."

"அப்பாடா! வழியெல்லாம் பாத்தியளா? நீங்க வச்ச மாதிரியே இருந்துச்சா?"



"எங்கன பாக்க? அவ கையப் பிடிச்சுக் கண்ண மூடுனவன் சிங்கப்பூர்லதான் தொறந்தேன். பெறவு மூடுனவன் இங்கன வந்துதான் தொறந்தேன். அவதான் சன்னல் வழியாப் பாத்துப் பாத்துச் சொல்லிட்டே வந்தா. கடலு, மேகம், தீவு, ஒண்ணு விடல. நான் அடுக்கினத விட நல்லா இருந்துச்சு, தம்பி."

போனை வைத்துவிட்டு, பூட்டிக் கிடந்த கீழ் வீட்டு வாசலில் போய்க் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். அந்த மனிதரை எனக்கு அவ்வளவு பிடிக்கும் என்று அதுவரைக்கும் எனக்கே தெரியாது.