செத்தவன் சோறு தின்ற படம்

அசாகுசா, தோக்கியோ
மே 14

மதிப்புக்குரிய அண்ணனுக்குத் தம்பி செய்ஜி வணங்கி எழுதுவது. கனசாவாவில் நீங்களும் அண்ணியும் நலமாக இருக்க வேண்டுகிறேன்.

நேற்று மாலை நிலவரப்படி என் மகள் ஹிசாகோவின் சம்பந்தம் முறிந்துவிட்டது. தகவல் தந்தவர் தரகர் தொயாமா அம்மாள். வாசலில் நின்று, குடையைக்கூட மடக்காமல் சொல்லிவிட்டுப் போனார்.

சினிமாக் கொட்டகையிலேயே பெண் பார்த்துவிடலாம் என்றதும் அவர்தான். பிடிக்காவிட்டால் படம் பார்க்க வந்தோம் என்று எழுந்து போகலாமாம். படத்தின் கதையை நான் முந்தின நாள்தான் விசாரித்தேன். ஒரு பெரிய வீட்டுப் பெண், பார்த்துவைத்த மாப்பிள்ளையை உதறிவிட்டு, கார் டிரைவரோடு போய்ச் சந்தோஷமாக வாழ்கிறாள். இதை மாப்பிள்ளையின் அம்மா பார்ப்பதா? அது பேசாத படம்தானே, திரைக்குப் பக்கத்தில் நின்று சொல்பவர் சொல்வதுதானே கதை என்று, ஒரு புட்டி சாக்கே மதுவோடு அவரிடம் போய், அவள் வருந்தி வீடு திரும்புவதாகச் சொல்லுங்கள் என்றேன். சம்மதித்தார்.

பெண் பார்க்க எல்லோரும் கொட்டகையில் கூடியாயிற்று. படத்தில் அவள் காரில் ஏறிச் சிரிக்கிறாள். இவர், "அப்பா பேச்சை மீறினேனே" என்று அழுகிறார்.

"யோவ், அவ சிரிக்கிறாய்யா" என்று பின்னாலிருந்து ஒரு குரல்.

"துக்கம் முத்துனா சிரிப்புதாங்க வரும்" என்று சமாளித்தவர், அவசரப்பட்டு டிரைவரைச் சாகடித்துவிட்டார். அடுத்த காட்சியில் அவன் சோற்றுருண்டை தின்கிறான்.

"செத்தவனுக்கு என்னா பசி பாரு."

கொட்டகை சிரித்தது. ஆரஞ்சுத் தோல் பறந்து வந்தது. அவர் விசிறியை மடக்கி என்னைக் காட்டினார்: "என்னை ஏன்யா அடிக்கிறீங்க? அதோ, தொப்பிக்காரர்தான் மாத்தச் சொன்னாரு."

மாப்பிள்ளை குராமோச்சியின் அம்மா நிதானமாகக் கேட்டார்: "ஏங்க, உங்க பொண்ணு ஓடிப்போற பொண்ணா?"

நான் வாய் திறப்பதற்குள் ஹிசாகோ, "ஓட மாட்டேன்மா. கல்யாணத்துக்கப்புறமும் பஸ் கண்டக்டர் வேலைக்குப் போவேன். அவ்வளவுதான்" என்றாள். தங்கள் கடையைப் பார்த்துக்கொள்ள மருமகள் தேடிய அந்த அம்மாள் எழுந்தார். மகனும் பின்னாலேயே போனார்.

அண்ணா, நீங்கள் வந்து அந்த வேலையை விடச் சொல்லுங்கள். நான் சொன்னால், "உள்ளே தள்ளி நில்லுங்கப்பா" என்கிறாள். அண்ணிக்கு என் வணக்கம். குழந்தைகளுக்கு ஆசிகள்.

செய்ஜி

பி.கு.: திருத்தம். குராமோச்சி இன்று காலை ஹிசாகோவின் பஸ்ஸில் ஏறி, கடைசி நிறுத்தம்வரை இறங்காமல், "வேலைய விட்றாதீங்க, கடைய நான் பாத்துக்கிறேன்" என்றாராம். ஹிசாகோ சரியென்றுவிட்டாள். அவர் அம்மாவும் பிடிவாதத்திலிருந்து இறங்கி வந்துவிட்டதைத் தொயாமா அம்மாள் உறுதிசெய்தார். நீங்கள் வந்து ஒன்றும் சொல்ல வேண்டாம். பாக்கி இருப்பது என் சம்மதம் ஒன்றுதான். ஞாயிற்றுக்கிழமைவரை நேரம் கொடுத்திருக்கிறார்கள்.